விழ மறுத்த இருவர்: ரோட் வாரியர்ஸ் அணியும் இரட்டையர் மல்யுத்தத்தின் உருமாற்றமும்

தொழில்முறை மல்யுத்தத்தில் புதிதாகச் சேர்பவருக்கு முதலில் கற்றுத்தருவது அடிப்பதை அல்ல, விழுவதை. வெற்றி தோல்வி முன்பே முடிவான ஆட்டம் அது. அடி வாங்கியவர் துடித்தால்தான் அடித்தவரின் பலம் கடைசி வரிசையில் இருப்பவருக்கும் தெரியும். வலியைக் காட்டுவதைத் தொழிலில் இருப்பவர்கள் 'செல்லிங்' என்கிறார்கள்; வலியை விற்பது என்று பொருள். 1983இல் அமெரிக்காவின் ஜார்ஜியா மாநிலத்தில் களமிறங்கிய இருவர் அந்த வலியை விற்கவில்லை. தலையில் நாற்காலி விழுந்தாலும் திரும்பி முறைத்தார்கள். ரோட் வாரியர்ஸ் என்ற அந்த அணியின் இருபதாண்டு வாழ்க்கையை இக்கட்டுரை பின்தொடர்கிறது. விழ மறுப்பது ஒரு கலைவடிவத்தை எப்படி மாற்றியது, மறுத்தவர்களிடம் அது என்ன விலை கேட்டது என்பவையே இதன் கேள்விகள்.

முதலில் வடிவத்தைப் பார்ப்போம். இரட்டையர் ஆட்டத்தில் அணிக்கு ஒருவர்தான் களத்துக்குள் நிற்கலாம். கூட்டாளி தன் மூலையில் கயிற்றுக்கு வெளியே காத்திருக்க வேண்டும். களத்தில் இருப்பவர் கையைத் தொட்டால் மட்டுமே அவர் உள்ளே வரலாம். இந்த எளிய விதிக்குள் ஒரு முழு நாடகம் இருக்கிறது. வில்லன்கள் நாயகர்களில் ஒருவரைத் தங்கள் மூலைக்கு இழுத்துப்போய், மாறி மாறி உள்ளே வந்து அடிப்பார்கள். அவர் தவழ்ந்து தன் மூலையை நெருங்கும் ஒவ்வொரு முறையும் காலைப் பிடித்துப் பின்னால் இழுப்பார்கள். கூட்டம் எழுந்து கத்தும். கடைசியில் கை தொட்டதும் புதிய தெம்போடு கூட்டாளி பாய்வார். இந்த நாடகத்தின் உச்சத்தைத் தொட்ட ராக் அண்ட் ரோல் எக்ஸ்பிரஸ் அணி மெம்ஃபிஸில் உருவானதும் அதே 1983இல்தான். அந்த அணியின் ரிக்கி மார்ட்டன் அடிவாங்கும் கலையில் அத்தனை தேர்ந்தவர். அந்தப் பாத்திரத்துக்கே அவர் பெயரைச் சொல்லும் வழக்கம் தொழிலில் இன்றும் உண்டு. ஒரே ஆண்டில் பிறந்த இவ்விரு அணிகளில் ஒன்று வேதனையை ஊதியமாக்கியது. மற்றது வேதனையே இல்லாதது போல் நின்றது. இந்த எதிர்நிலையை மனதில் வைத்துப் பார்க்காவிட்டால் ரோட் வாரியர்ஸின் வரலாறு வெறும் பட்டப் பட்டியலாகிவிடும்.

மைக்கேல் ஹெக்ஸ்ட்ரேண்ட், ஜோசப் லாரினைடிஸ் இருவரும் மினசோட்டா மாநிலத்தின் மினியாபொலிஸ் பகுதியைச் சேர்ந்தவர்கள். பளுதூக்கி உடலை வளர்த்தவர்கள். இரவில் மதுக்கூடங்களில் பவுன்சர் வேலை பார்த்தார்கள். எடி ஷார்க்கி என்ற பழைய மல்யுத்த வீரர் அந்த வட்டாரத்து இளைஞர்களைச் சேர்த்துப் பயிற்சி தந்தார். பின்னாளில் பெயர்பெற்ற ரிக் ரூடும் பாரி டார்சோவும் அதே கூட்டத்தில் இருந்தார்கள். 1982இல் லாரினைடிஸ் தனியாக 'ரோட் வாரியர்' என்ற பெயரில் ஜார்ஜியாவில் ஆடினார். மேட் மேக்ஸ் வரிசையின் இரண்டாம் படம் அமெரிக்காவில் ஓடிய தலைப்பு அது. அடுத்த ஆண்டு, ஆட்டங்களைத் திட்டமிடும் பொறுப்பிலிருந்த ஓலி ஆண்டர்சன் இருவரையும் இணைத்தார். ஹெக்ஸ்ட்ரேண்ட் 'ஹாக்' ஆனார், லாரினைடிஸ் 'அனிமல்' ஆனார். மேனேஜராக வந்தவர் பால் எல்லரிங். களத்துக்கு வெளியே சுருட்டிய செய்தித்தாளுடன் நின்ற இவர் மற்றவர்களைப் போல வேஷத்துக்கு மேனேஜர் அல்ல. பயணம், ஒப்பந்தம், கணக்கு வழக்கு எல்லாவற்றையும் உண்மையிலேயே கவனித்தவர். இந்த அணி நிலைத்ததில் அவர் பங்கை ரசிகர் எழுத்துகள் போதிய அளவு மதித்ததில்லை.

தொடக்கத்தில் தோல் தொப்பியும் கறுப்புக் கண்ணாடியுமாக வந்தவர்கள், சில மாதங்களில் முகத்தில் சாயம் பூசினார்கள். அனிமல் தலையின் நடுவில் மட்டும் முடியை விட்டார். ஹாக் அதற்கு நேர்மாறாக நடுவை மழித்து இருபுறமும் விட்டார். தோள்களில் நீண்ட இரும்பு முட்கள் பதித்த கவசம். தெருக்கூத்தில் புஜக்கட்டை கட்டி அரிதாரம் பூசியவரை ஊர்க்காரராக யாரும் பார்ப்பதில்லை, வேஷமாகவே பார்ப்பார்கள். இங்கும் அதுதான் நடந்தது. மினியாபொலிஸ் இளைஞர்கள் மறைந்து, 'சிகாகோவிலிருந்து வருபவர்கள்' என்று அறிவிக்கப்பட்ட இரு பூதங்கள் எஞ்சின. அவர்கள் ஆடிய ஜார்ஜியா நிறுவனத்தின் அட்லாண்டா நிகழ்ச்சி டி.பி.எஸ். கேபிள் அலைவரிசை வழியே நாடு முழுவதும் போனது அவர்கள் புகழுக்கு இன்னொரு காரணம். வட்டாரம் வட்டாரமாகப் பிரிந்து கிடந்த தொழிலில், ஒரு வட்டாரத்து அணியை மற்ற வட்டாரத்தார் நேரில் பார்க்கும் முன்பே அறிந்திருந்தார்கள்.

அவர்கள் வலியைக் காட்டாததன் மூலத்தை நான் இலட்சியமாகவோ அகந்தையாகவோ காணவில்லை. அனுபவம் போதாத இருவர் பத்து நிமிடம் ஆடினால் குறைகள் வெளிப்பட்டுவிடும். ஆகவே ஆட்டத்தைச் சுருக்கினார்கள். 'அயர்ன் மேன்' பாட்டு ஒலிக்க ஓடிவந்து, மணி அடிக்கும் முன்பே எதிராளிகளைத் தூக்கி எறிந்து, சில நிமிடங்களில் முடித்துவிட்டுப் போவார்கள். எதிராளிகள் பாடு மோசம். இந்த இருவரும் அடியைக் கட்டுப்படுத்தப் பழகியிருக்கவில்லை. குறையை மறைக்க எடுத்த வழி அவர்களின் முத்திரையாக மாறியது. டூம்ஸ்டே டிவைஸ் என்ற அவர்களுடைய இறுதித் தாக்குதலும் இதே தன்மையது. அனிமல் எதிராளியைத் தன் தோளில் உட்காரவைத்து நிற்க, ஹாக் மூலைக் கம்பத்தின் உச்சியிலிருந்து பாய்ந்து கையை நீட்டி அவரைப் பின்புறமாகச் சாய்ப்பார். பார்ப்பதற்கு முரட்டுத்தனம். ஆனால் தோள் கொடுப்பவர் அசையாமல் நின்றால்தான் கீழே விழுபவரின் கழுத்து தப்பும்.

1984இல் அவர்கள் சொந்த ஊரான மினியாபொலிஸைத் தலைமையிடமாகக் கொண்ட அமெரிக்கன் ரெஸ்லிங் அசோசியேஷனுக்கு வந்தார்கள். ஆகஸ்ட் 25 அன்று லாஸ் வேகாஸில் தி கிரஷர், பாரன் வான் ராஷ்கே இருவரையும் வென்று உலக இரட்டையர் பட்டத்தைப் பிடித்தார்கள். கிரஷருக்கு அப்போது வயது 58. மத்திய மேற்கு மாநிலங்களின் உழைக்கும் மக்கள் தலைமுறைகளாகக் கொண்டாடிய மனிதர் அவர். அவரை வீழ்த்தியவர்களைக் கூட்டம் வெறுத்திருக்க வேண்டும். வில்லன்களாகவே அவர்கள் எழுதப்பட்டிருந்தார்கள். ஆனால் கூட்டம் ஆரவாரித்தது. நல்லவனுக்குக் கைதட்டு, கெட்டவனுக்கு ஏச்சு என்ற பழைய உடன்பாடு இங்கேதான் முதலில் கிழிந்தது என்று கருதுகிறேன். பார்வையாளர்கள் தேர்ந்தெடுத்தது நீதியை அல்ல, வலிமையை. பதின்மூன்று மாதங்களுக்குப் பிறகு ஜிம்மி கார்வின், ஸ்டீவ் ரீகல் அணியிடம் பட்டம் போனபோதும் ஃப்ரீபேர்ட்ஸ் என்ற இன்னொரு குழுவினர் வெளியிலிருந்து புகுந்து தாக்கியதால்தான் அது நடந்தது. நேருக்கு நேர் தோற்கடிக்க முடியாதவர்களை வேறு எப்படித் தோற்கடிப்பது? இந்தச் சிக்கல் அவர்களுக்குக் கதை எழுதிய எல்லோரையும் கடைசிவரை துரத்தியது.

1985 மார்ச்சில் ஜயண்ட் பாபாவின் ஆல் ஜப்பான் நிறுவனத்துக்காக முதன்முறையாக ஜப்பான் சென்றார்கள். நீண்ட, கடுமையான ஆட்டங்களை மதிக்கும் நாடு அது. அங்கே கில்லர் கான், அனிமல் ஹமாகுச்சி என்ற உறுதியான அணியைச் சில நிமிடங்களில் முடித்துக் காட்டினார்கள். அந்த வேகமே ஜப்பானியரை ஈர்த்தது. 1987 மார்ச் 12 அன்று தோக்கியோவின் புடோக்கான் அரங்கில் ஜம்போ ட்சுருட்டா, கெனிச்சிரோ டென்ரியு இருவரிடமிருந்து சர்வதேச இரட்டையர் பட்டத்தைப் பெற்று, ஓராண்டுக்கும் மேல் வைத்திருந்தார்கள்.

அவர்களின் உச்சகாலம் வட கரோலினாவின் ஜிம் க்ராக்கெட் நிறுவனத்தில் கழிந்தது. 1986 ஏப்ரலில் நியூ ஆர்லியன்ஸில் நடந்த முதல் க்ராக்கெட் கோப்பையை வென்றார்கள். அந்த நவம்பரில் ஸ்டார்கேட் விழாவில் மிட்நைட் எக்ஸ்பிரஸ் அணியுடன், களத்துக்கு மேலே உயரத்தில் கட்டிய சாரத்தில் நின்று மோதினார்கள். கீழே விழுபவர் தோற்றவர். ஆட்டம் முடிந்தபின் அந்த அணியின் மேனேஜர் ஜிம் கார்னெட் சாரத்தில் தொங்கிக் குதித்தபோது முழங்கால் நிஜமாகவே நைந்துபோனது. ரோட் வாரியர்ஸ் வலியைக் காட்டாத ஒவ்வொரு இரவிலும் அந்த வலியை வேறு யாரோ சுமந்தார்கள் என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று தேவையில்லை. மிட்நைட் எக்ஸ்பிரஸின் பாபி ஈட்டனைப் போன்ற கைதேர்ந்த வில்லன்கள் அழகாக விழத் தெரிந்திருந்ததால்தான் இந்த இருவரும் மலையாகத் தெரிந்தார்கள்.

1987 நவம்பரில் ஸ்டார்கேட் சிகாகோவுக்கே வந்தது. சொந்த ஊர் என்று அறிவிக்கப்பட்ட இடத்தில் ஆர்ன் ஆண்டர்சன், டல்லி ப்ளான்சார்ட் அணியை வீழ்த்தி க்ராக்கெட் நிறுவனத்து உலக இரட்டையர் பட்டத்தை ஏந்தினார்கள். அரங்கம் குலுங்கியது. சில நிமிடங்களில், எதிராளியை மேல்கயிற்றுக்கு மேலாக எறிந்த குற்றத்துக்காக முடிவு மாற்றப்பட்டது. வெற்றியைக் கொடுத்துப் பிடுங்கும் இந்த உத்தியைத் திட்டமிடுபவர் டஸ்டி ரோட்ஸ் அடிக்கடி கையாண்டார். சாதாரண நாயகர்களுக்கு அது பரிதாபத்தைச் சேர்க்கும். பரிதாபத்துக்கு இடமே கொடுக்காத இவர்களுக்கு அது ஏமாற்றத்தை மட்டும் சேர்த்தது. அந்த உலகப் பட்டம் கிடைக்க 1988 அக்டோபர் 29 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. அதற்குள் இவர்கள் வில்லன்களாக மாற்றப்பட்டிருந்தார்கள். தோள்கவசத்து முள்ளால், தானும் களத்தில் ஆடிய ரோட்ஸின் கண்ணைக் குத்தி இரத்தம் வரவழைத்த காட்சி தொலைக்காட்சியில் ஒளிபரப்பானது. அப்போதும் கூட்டம் ஏசவில்லை. திட்டத்தையே கைவிட்டார்கள்.

இதற்கிடையில் நகல்கள் பெருகின. முகத்தில் சாயம், பெருத்த உடல், இருவர் என்ற சூத்திரம் சந்தையாகிவிட்டது. பிற்காலத்தில் ஸ்டிங், அல்டிமேட் வாரியர் என்று புகழ்பெற்ற இருவரும் தங்கள் முதல் நாட்களில் ப்ளேட் ரன்னர்ஸ் என்ற சாயம் பூசிய அணியாகவே ஆடினார்கள். பவர்ஸ் ஆஃப் பெயின் என்ற அணி வந்தது. எல்லாவற்றையும்விட முக்கியமானது, 1987இல் வேர்ல்ட் ரெஸ்லிங் ஃபெடரேஷன் (டபிள்யூ.டபிள்யூ.எஃப்.) உருவாக்கிய டெமாலிஷன். அதில் 'ஸ்மாஷ்' வேஷம் போட்டவர் வேறு யாருமல்ல, ஷார்க்கியிடம் இவர்களோடு பயின்ற பாரி டார்சோதான். டெமாலிஷன் 478 நாட்கள் தொடர்ந்து பட்டத்தை வைத்திருந்தது. 2016 வரை யாரும் அந்தக் கணக்கைத் தாண்டவில்லை. நகல் என்ற பெயர் அந்த அணிக்கு அநீதியே. டெமாலிஷன் அடியும் வாங்கும், ஆட்டத்தையும் நீட்டிக்கும். மூல அணி செய்யாததை அது செய்தது.

1990இல் ரோட் வாரியர்ஸ் அதே ஃபெடரேஷனுக்குப் போனார்கள். அங்கே பெயர் லீஜன் ஆஃப் டூம். 1990களில் நம் வீடுகளுக்கு கேபிள் வந்து, பள்ளிப் பிள்ளைகள் டபிள்யூ.டபிள்யூ.எஃப். சீட்டு விளையாடிய காலத்துத் தமிழ் வாசகருக்கு இந்தப் பெயரே பழக்கமாக இருக்கும். 1991 ஆகஸ்ட் 26 அன்று நியூயார்க்கின் மேடிசன் ஸ்கொயர் கார்டனில் நாஸ்டி பாய்ஸை வென்றபோது, அமெரிக்காவின் மூன்று பெரிய நிறுவனங்களின் உலக இரட்டையர் பட்டங்களையும் பெற்ற முதல் அணி ஆனார்கள். ஆனால் பிள்ளைகளுக்குப் பொம்மை விற்கும் நிறுவனத்தில் பூதங்களுக்கு என்ன வேலை? 1992இல் எல்லரிங் கையில் 'ராக்கோ' என்ற பேசும் பொம்மையைக் கொடுத்து, அதுவே இந்த முரடர்களின் ஊக்கம் என்றார்கள். பார்க்கவே வேதனையாக இருக்கிறது. அந்த ஆகஸ்டில் லண்டன் வெம்ப்லி மைதானத்தில், நிறுவனம் 80,355 என்று அறிவித்த கூட்டத்துக்கு நடுவே மோட்டார் சைக்கிளில் வந்து வென்றார்கள். அதன்பின் ஹாக் விலகிவிட்டார்.

அனிமலுக்கு முதுகில் காயம். சில ஆண்டுகள் களமே இல்லை. ஹாக் ஜப்பானுக்குப் போய் கென்சுகே சசாகியைக் கூட்டாளியாக்கினார். சசாகியும் முகத்தில் சாயம் பூசி, முள் கவசம் அணிந்து 'பவர் வாரியர்' ஆனார். ஹெல் ரெய்சர்ஸ் என்ற அந்த அணி நியூ ஜப்பான் நிறுவனத்தின் பட்டத்தை இருமுறை வென்றது. வேஷத்தை ஒருவரிடமிருந்து இன்னொருவருக்கு மாற்ற முடியும் என்பதற்கு அது சாட்சி.

1997இல் இருவரும் மீண்டும் ஃபெடரேஷனில் சேர்ந்து, அக்டோபரில் பட்டத்தையும் வென்றார்கள். ஆனால் 1998இன் பிற்பகுதியைப் பற்றி எழுதும்போது ஆய்வாளரின் விலகல் எனக்குக் கைகூடவில்லை. ஹாக் நிஜ வாழ்க்கையில் குடிக்கும் போதைக்கும் அடிமைப்பட்டுப் போராடியவர். அதையே நிறுவனம் கதையாக எழுதியது. அவர் தள்ளாடி வருவதாகவும், கூட்டாளியின் ஆட்டத்தைக் கெடுப்பதாகவும் காட்டினார்கள். கடைசியில் அரங்கின் பெருந்திரைக்கு மேல் ஏறி, அங்கிருந்து விழுவதாகக் காட்சி வைத்தார்கள். பதினைந்து ஆண்டுகள் விழாத மனிதரை விழவைக்க அவர்களுக்குத் தோன்றிய ஒரே வழி, அவருடைய சொந்த நோய். கூட்டத்துக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை. சிரிக்கவும் முடியாது, அழவும் பழக்கமில்லை. மார்ட்டனைப் போன்றவர்கள் ஆண்டுக்கணக்கில் விழுந்து விழுந்து ரசிகர்களிடம் இரக்கத்தைச் சேர்த்து வைத்திருந்தார்கள். ஹாக்குக்கு அந்தச் சேமிப்பு இல்லை. அதற்காக அவரைக் குற்றம் சொல்ல மாட்டேன். எழுதியவர்கள் வெட்கப்பட வேண்டிய கதை அது.

2003 மே மாதம் இருவரும் ஒரே ஓர் இரவு தொலைக்காட்சியில் மீண்டும் தோன்றினார்கள். அக்டோபர் 19 அன்று ஃப்ளோரிடாவில் தம் வீட்டில் ஹாக் மாரடைப்பால் இறந்தார். வயது 46. அனிமல் 2020 செப்டம்பரில், 60 வயதில் இறந்தார். இடையில் 2011இல் எல்லரிங்கையும் சேர்த்து மூவருக்கும், டபிள்யூ.டபிள்யூ.இ. என்று பெயர் மாறியிருந்த அதே ஃபெடரேஷனின் புகழவையில் இடம் கிடைத்தது.

2005 ஜூலை 24 அன்று பஃபலோ நகரில் அனிமல் கடைசியாக ஒரு பெரிய பட்டத்தை வென்றார். கூட்டாளி ஹைடன்ரைக் என்ற இளையவர். அந்த வெற்றியை ஹாக்குக்குக் காணிக்கையாக்கினார். பிறகு ஹைடன்ரைக்கின் முகத்திலும் சாயம் ஏறியது, அவர் தோளிலும் முட்கள் வந்தன. அனிமல் எப்போதும் போல எதிராளியைத் தோளில் ஏற்றிக்கொண்டு நிற்பார். மூலைக் கம்பத்தின் உச்சியிலிருந்து வேறொருவர் பாய்வார்.