காந்தி அப்படியேதான இருக்காரு? - நம்ம ரூபாயின் கதை



செமஸ்டர் லீவில் ஊருக்கு (ஜெயங்கொண்டம்தான், வேறெங்கே!) வந்திருந்தபோது அப்பாயியின் தகரப் பெட்டியைச் சுத்தம் செய்து கொடுத்தேன். அடியில் விரித்திருந்த பழைய நாளிதழை எடுத்தால், அதற்குக் கீழே ஒரு சின்னத் துணி முடிச்சு. உள்ளே மூன்று ஐந்நூறு ரூபாய் நோட்டுகள். அதுவும் பழைய நோட்டு! 2016 நவம்பர் 8 இரவோடு செல்லாமல் போன அதே நோட்டுதான்.

முந்திரிக் காட்டில் கொட்டை பொறுக்கிச் சேர்த்த கூலிப் பணம் அது. மற்றதையெல்லாம் அப்பா அப்போதே வரிசையில் நின்று மாற்றிக் கொடுத்துவிட்டார். இந்த மூன்றை மட்டும் எங்கே வைத்தோம் என்று அப்பாயி மறந்துவிட்டது. "இது செல்லாது அப்பாயி" என்றேன். நோட்டை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டுக் கேட்டது பாருங்கள் ஒரு கேள்வி:

"ஏன்டா, காந்தி அப்படியேதான இருக்காரு? அப்பறம் எப்படிச் செல்லாமப் போவும்?"

எனக்குப் பதில் தெரியவில்லை. அப்பாயிக்கு எழுதப் படிக்கத் தெரியாது. படம், நிறம், அளவு இந்த மூன்றையும் வைத்துத்தான் இத்தனை வருடம் பணத்தை அடையாளம் கண்டு வந்திருக்கிறது. அந்த மூன்றும் மாறாதபோது பணம் மட்டும் எப்படிச் செத்துப் போகும்? இந்தக் கேள்விக்காக ஒரு வாரம் படித்ததைத்தான் இங்கே எழுதியிருக்கிறேன். கொஞ்சம் நீளம்தான், பொறுத்துக்கொள்ளுங்கள் :)

புலி உட்கார்ந்த காசு

கதையை நம்ம ஊரிலிருந்தே தொடங்கலாம். இங்கிருந்து பத்து கிலோமீட்டர் போனால் கங்கைகொண்ட சோழபுரம். இன்றைக்குக் கோவிலும் சுற்றிலும் வயலும்தான் தெரியும். ஆனால் 11-ம் நூற்றாண்டில் ராஜேந்திர சோழன் உருவாக்கிய தலைநகரம் அது. சுமார் 250 ஆண்டுகள் சோழர்கள் அங்கிருந்துதான் ஆண்டார்கள்.

சோழர் காசுகளில் அடிக்கடி வரும் படம் எது தெரியுமா? உட்கார்ந்திருக்கும் புலி. அதன் பக்கத்தில் மீன், வில். புலி சோழனுடையது, மீன் பாண்டியனுடையது, வில் சேரனுடையது. மூன்றையும் ஒரே காசில் போட்டால் என்ன அர்த்தம்? "மூன்று நாட்டுக்கும் நான்தான் ராஜா" என்று அர்த்தம். எழுத்தே தெரியாத ஓர் ஆளுக்கும் இது புரிந்துவிடும்.

எழுத்தும் இருந்தது. ராஜராஜனின் செப்புக் காசில் ஒரு பக்கம் நிற்கும் உருவம், மறுபக்கம் உட்கார்ந்த உருவம். அதன் பக்கத்தில் 'ஸ்ரீ ராஜராஜ' என்று நாகரி எழுத்தில் இருக்கும். தமிழ் அரசனின் காசில் நாகரி எழுத்து! சந்தையில் அதை எத்தனை பேர் படித்திருப்பார்கள்? படம்தான் மக்களுக்கு. இதே வடிவத்தை இலங்கை அரசர்களும் பிறகு தங்கள் செப்புக் காசுகளில் எடுத்துக்கொண்டார்கள். பழகிய படம் என்றால் ஜனங்கள் தயங்காமல் வாங்குவார்கள் அல்லவா?

ஆனால் அந்தக் காலத்தில் படம் மட்டும் போதாது, எடையும் வேண்டும். 2 குன்றிமணி ஒரு மஞ்சாடி, 20 மஞ்சாடி ஒரு கழஞ்சு என்று பொன்னை நிறுத்துதான் கணக்கு. அரசன் மாறினாலும் பொன் பொன்தான். உருக்கி விற்றுக்கொள்ளலாம். இந்த விஷயத்தை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

(இடையில் ஒன்று. ஆங்கிலத்தின் 'கேஷ்' நம்ம 'காசு'வில் இருந்து வந்தது என்று எல்லோரும் சொல்வோம். அது பாதி உண்மை. கீழை நாடுகளின் சில்லறை நாணயத்தைக் குறிக்கும் 'கேஷ்' நம்முடையது. ரொக்கத்தைக் குறிக்கும் 'கேஷ்' பணப்பெட்டி என்ற பொருளுள்ள பிரெஞ்சுச் சொல்லிலிருந்து வந்தது. பார்க்க ஒன்றுபோல் இருக்கும் இரண்டு சொற்கள்!)

வராகன் போய் ரூபாய் வந்தது

ரூபாய் என்பது வடக்கிலிருந்து வந்தது. 1540 முதல் 1545 வரை டெல்லியை ஆண்ட ஷேர் ஷா சூரி ஏறத்தாழ 11.5 கிராம் எடையில் அடித்த வெள்ளிக் காசுதான் அதற்கு அடித்தளம். நம்ம பக்கம் அப்போதும் அதற்குப் பிறகும் ரொம்ப காலம் வராகன், பணம், காசுதான். சென்னையில் கிழக்கிந்தியக் கம்பெனியின் கணக்குப்படி 80 காசு ஒரு பணம், 42 பணம் ஒரு வராகன். இந்தக் கணக்கைப் படித்தபோதே எனக்குத் தலை சுற்றியது.

1807, 1808 வாக்கில் கம்பெனி சென்னையில் அடித்த வெள்ளிக் கால் வராகனின் படத்தைப் பாருங்கள். ஒரு பக்கம் கோவில் கோபுரம், மறுபக்கம் சாமி உருவம். ஆங்கிலம், பாரசீகம் இவற்றோடு தமிழும் தெலுங்கும் இருக்கும். வெள்ளைக்காரனுக்குக் கோபுரத்தின் மேல் என்ன அவ்வளவு பக்தி? பக்தி இல்லை, வியாபாரம். இந்த ஊர்க்காரன் கையில் வாங்க வேண்டும், அவ்வளவுதான்.

1818-ல் சென்னை மாகாணத்தில் ரூபாய் பொது நாணயமானது. ஒரு வராகனுக்கு மூன்றரை ரூபாய் என்று கணக்கு. 1835-ல் கம்பெனி ஆட்சி நடந்த பகுதிகளுக்கெல்லாம் 180 கிரெய்ன் எடையில் ஒரே ரூபாய் என்று சட்டம் வந்தது. முன்பக்கம் நான்காம் வில்லியம் மன்னரின் தலை. கோபுரம் போயிற்று, தமிழும் போயிற்று. ஆட்சி உறுதியான பிறகு ஊர்க்காரனைச் சமாதானப்படுத்தத் தேவையில்லை போலும்!

காகிதம் வந்தது 1861-ல். அந்த ஆண்டு வந்த சட்டம் நோட்டு அச்சிடும் உரிமையை அரசாங்கத்திடமே கொடுத்தது. முதல் நோட்டுகளில் விக்டோரியா ராணி இருந்தார். அச்சடித்தது இங்கிலாந்தில். 1928-ல் நாசிக்கில் அச்சகம் வந்த பிறகுதான் இங்கேயே அடிக்கத் தொடங்கினார்கள். 1935 ஏப்ரல் 1-ல் ரிசர்வ் வங்கி வந்தது. 1938-ல் அதன் முதல் நோட்டு, ஆறாம் ஜார்ஜ் படம் போட்ட ஐந்து ரூபாய்.

இதற்குள் ரூபாய்க் காசின் உள்ளேயும் ஒரு மாற்றம். 1940-ல் அதிலிருந்த வெள்ளி பாதியாகக் குறைக்கப்பட்டது. 1947-ல் வெள்ளியே இல்லை, முழுக்க நிக்கல். உருக்கினால் கிடைக்கும் மதிப்பு போய்விட்டது. இனிமேல் நம்பிக்கை மட்டும்தான் பாக்கி.

ராஜா போனார், சிங்கம் வந்தது

சுதந்திரத்துக்குப் பிறகு நோட்டில் ராஜாவுக்குப் பதில் யாரைப் போடுவது என்று பேச்சு வந்தது. காந்தி படத்தோடு வடிவங்கள்கூடத் தயாராயின. கடைசியில் சாரநாத் அசோகத் தூணின் சிங்கம் ஜெயித்தது. 1949-ல் ஒரு ரூபாய் நோட்டில் அது முதலில் வந்தது.

நம்ம ஊர்க்காரர்களுக்கு ஒரு சந்தோஷமான செய்தி. 1954-ல் வந்த ஆயிரம் ரூபாய் நோட்டில் இருந்தது தஞ்சைப் பெரிய கோவில்! ஆனால் அன்றைக்கு ஆயிரம் ரூபாய் நோட்டை எத்தனை பேர் கண்ணால் பார்த்திருப்பார்கள்? 1978 ஜனவரியில் 1000, 5000, 10000 நோட்டுகள் செல்லாது என்று அறிவித்தபோது அந்தக் கோவில் நோட்டும் போயிற்று. அதற்கு முன் 1946 ஜனவரியிலும் இதேபோல 500-ம் அதற்கு மேற்பட்ட நோட்டுகளும் செல்லாமல் போயிருக்கின்றன. ஆக, 2016-ல் நடந்தது மூன்றாவது முறை.

காந்தி முதலில் வந்தது 1969-ல், அவருடைய நூற்றாண்டுக்காக. 1987-ல் ஐந்நூறு ரூபாயில் வந்தார். 1996-லிருந்து வந்த வரிசையில்தான் எல்லா நோட்டிலும் நிரந்தரமாக உட்கார்ந்தார். அந்தச் சிரித்த முகம் ஓவியம் அல்ல. 1946-ல் பெதிக் லாரன்ஸ் பிரபுவோடு அவர் இருந்தபோது எடுத்த புகைப்படத்திலிருந்து எடுத்தது. புகைப்படம் எடுத்தவர் யார் என்று யாருக்கும் தெரியாது!

நோட்டில் தமிழ் எங்கே இருக்கிறது?

பையில் நோட்டு இருந்தால் எடுத்துத் திருப்பிப் பாருங்கள். பின்பக்கம் இடது ஓரத்தில் 15 மொழிகள். ஆங்கில அகரவரிசையில் அடுக்கியிருப்பதால் தமிழ் 13-வது. முன்பக்க இந்தியும் ஆங்கிலமும் சேர்த்தால் மொத்தம் 17.

இதில் நான் கவனிக்காமலே இருந்த ஒன்று உண்டு. 'இதை வைத்திருப்பவருக்கு இத்தனை ரூபாய் தருவதாக உறுதியளிக்கிறேன்' என்று கவர்னர் கையெழுத்துப் போடுகிறார் இல்லையா? அந்த வாக்குறுதி இந்தியிலும் ஆங்கிலத்திலும் மட்டும்தான். மற்ற மொழிகளில் தொகை மட்டும் இருக்கும். அதாவது 'நூறு ரூபாய்' என்று தமிழில் சொல்கிறது, 'தருகிறேன்' என்று தமிழில் சொல்லவில்லை!

2010 ஜூலை 15-ல் ஏற்கப்பட்ட ரூபாய்க் குறியீட்டை வடிவமைத்த உதயகுமார் கள்ளக்குறிச்சிக்காரர். இந்தியின் 'ர' எழுத்தையும் ஆங்கில 'ஆர்' எழுத்தையும் சேர்த்துச் செய்தது அது. 2025 மார்ச்சில் தமிழக பட்ஜெட் சின்னத்தில் அதற்குப் பதில் 'ரூ' போட்டபோது எவ்வளவு சண்டை நடந்தது! பணத்தின் மேல் எந்த எழுத்து என்பது சின்ன விஷயம் இல்லை.

எழுத்தே தெரியாதவர்களுக்கு?

அப்பாயி மாதிரி ஆட்களை வடிவமைப்பவர்கள் முழுக்க மறந்துவிடவில்லை. 2007 வாக்கில் வந்த ஒரு ரூபாய்க் காசில் கட்டை விரல், இரண்டு ரூபாயில் இரண்டு விரல். படிக்கவே வேண்டாம்! பார்வையற்றவர்கள் தடவிப் பார்க்க நூறு ரூபாயில் முக்கோணம், ஐந்நூறில் வட்டம் மேடாக அச்சிடப்படுகிறது.

ஆனால் 2016-க்குப் பிறகு வந்த புதிய வரிசையைப் பாருங்கள். 100, 200, 500 மூன்றுக்கும் உயரம் 66 மில்லிமீட்டர். நீளம் முறையே 142, 146, 150. நான்கு நான்கு மில்லிமீட்டர்தான் வித்தியாசம்! பழைய நோட்டில் நூறுக்கும் ஐந்நூறுக்கும் நடுவில் 10 மில்லிமீட்டர் இருந்தது. மேடாக அச்சிட்டதும் கை மாற மாறத் தேய்ந்துவிடும். நோட்டை அடையாளம் சொல்ல 2020-ல் ரிசர்வ் வங்கி 'மணி' என்று ஒரு செயலி கொடுத்தது. அப்பாயியிடம் ஸ்மார்ட்போன் இல்லையே!

சரி, அப்பாயிக்கு என்ன பதில்?

நோட்டின் மதிப்பு காந்தி படத்தில் இல்லை, காகிதத்திலும் இல்லை. அது ஒரு வாக்கு. ரிசர்வ் வங்கிச் சட்டம் 26-வது பிரிவுதான் அந்த வாக்குக்கு உயிர் கொடுக்கிறது. அதே பிரிவின் இரண்டாவது உட்பிரிவு, ஒரு வரிசை நோட்டு செல்லாது என்று அறிவிக்க மத்திய அரசுக்கு அதிகாரம் தருகிறது. அதைத்தான் 2016-ல் பயன்படுத்தினார்கள். டெபாசிட் செய்ய டிசம்பர் 30 வரை நேரம். செல்லாமல் போன 15.41 லட்சம் கோடி ரூபாயில் 99.3 சதவீதம் திரும்பி வந்துவிட்டது என்று ரிசர்வ் வங்கியே 2018-ல் சொன்னது. 2023 ஜனவரி 2-ல் உச்ச நீதிமன்றம் நான்குக்கு ஒன்று என்ற கணக்கில் அந்த நடவடிக்கை செல்லும் என்றது. மாறுபட்டவர் நீதிபதி நாகரத்னா.

திரும்பாத அந்த மிச்சத்தில் அப்பாயியின் 1500 ரூபாயும் இருக்கிறது. அது கறுப்புப் பணம் இல்லை. வெயிலில் குனிந்து குனிந்து பொறுக்கிய பணம்.

இதற்கு நேர் எதிரான ஒன்றும் நம்ம ஊரில் நடந்தது. பத்து ரூபாய் காயினைக் கடையில், பஸ்ஸில் வாங்கமாட்டேன் என்று சொன்னார்கள், ஞாபகம் இருக்கிறதா? வந்த 14 வடிவங்களும் செல்லும் என்று 2018 ஜனவரியில் ரிசர்வ் வங்கி அறிவித்த பிறகும் பலர் வாங்கவில்லை. சட்டம் செல்லும் என்றது, ஜனங்கள் செல்லாது என்றார்கள். அப்பாயியின் நோட்டிலோ ஜனம் நம்பியது, சட்டம் செல்லாது என்றது. இரண்டு பக்கமும் ஒத்துக்கொண்டால்தான் அது பணம். ஆனால் ஒன்று, கடைக்காரர் மறுத்தால் காயின் வீட்டில் பத்திரமாக இருக்கும், வேறு இடத்தில் மாற்றிக்கொள்ளலாம். சட்டம் மறுத்தால் போக இடமில்லை.

2025 ஜூலை 27-ல் ஆடித் திருவாதிரை விழாவுக்குப் பிரதமர் கங்கைகொண்ட சோழபுரம் வந்து ராஜேந்திர சோழன் நினைவு நாணயத்தை வெளியிட்டார். நம்ம ராஜா ஆயிரம் வருடம் கழித்து மறுபடி காசில்! எனக்கும் பெருமையாகத்தான் இருந்தது. ஆனால் நினைவு நாணயம் அலமாரியில் வைத்துக்கொள்ளத்தான், அதைக் கொடுத்து டீ குடிக்க முடியாது.

இதையெல்லாம் அப்பாயிக்கு என் பாணியில் சொல்லி முடித்தேன். எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "அப்ப காந்தி சும்மா படத்துக்குத்தானா?" என்றது. பழைய நோட்டு பத்து வரை வைத்திருந்தால் குற்றமில்லை என்று 2017-ம் ஆண்டுச் சட்டம் சொல்வதால், மூன்றையும் அதே துணியில் முடிந்து பெட்டியிலேயே வைத்துவிட்டேன். சோழன் காலத்துப் பொன்னாக இருந்திருந்தால் உருக்கியாவது கொடுத்திருக்கலாம்.

உங்கள் வீட்டுப் பாட்டிகளின் பெட்டியிலும் இப்படி ஏதாவது இருக்கிறதா? ஒருமுறை திறந்து பார்த்துவிட்டுப் பின்னூட்டத்தில் சொல்லுங்கள். அடுத்த பதிவில் சந்திப்போம்!