சமயக்கணக்கரும் ஓர் ஆங்கிலச் சொல்லும்

ஒன்பதாம் வகுப்பில் பயிலும் என் மகள் ஒரு நாள் மாலை தன் ஆங்கிலப் பாடக் குறிப்பேட்டுடன் என் முன் வந்து நின்றாள். 'தியாலஜிக்கலி' என்னும் சொல்லுக்குப் பொருள் எழுதி, அதனை வாக்கியத்தில் அமைத்துக் காட்டுக என்பது அவளுக்கு இடப்பட்ட வீட்டுப்பாடம். அலுவலகத்திலிருந்து அப்பொழுதுதான் திரும்பியிருந்த நான், "மத அடிப்படையில் என்று எழுது" என்றேன். "அப்படியானால் 'ரிலிஜியஸ்லி' என்பதற்கு?" என்றாள். அதற்கும் அதே விடைதான் என் நாவில் வந்து நின்றது. "இரண்டுக்கும் பொருள் ஒன்றானால் ஆங்கிலத்தில் இரண்டு சொற்கள் ஏன்? தமிழில் இதற்குச் சொல்லே இல்லையா அப்பா?" என்று கேட்டுவிட்டு அவள் அகராதியைத் தேடிப் போய்விட்டாள்.

வீட்டில் தமிழும், தெருவில் வங்காளமும், பள்ளியில் ஆங்கிலமுமாக வளரும் நம் பிள்ளைகளின் வாயிலிருந்து இவ்வினா எழுவது இயல்பே. ஆயினும், விடையின்றி நாம் வாளாவிருந்தால், தாய்மொழி அடுக்களைக்கு மட்டுமே உரியது, அறிவுக்கு உரியதன்று என்னும் எண்ணம் அவர்கள் உள்ளத்தில் வேரூன்றிவிடும். அந்த அச்சமே என்னை இக்கட்டுரை எழுதத் தூண்டியது.

சொல்லின் பிறப்பு

'தியோஸ்' என்பது கிரேக்க மொழியில் கடவுளைக் குறிக்கும். 'லோகோஸ்' என்பது சொல், பேச்சு, காரணங் காட்டும் அறிவு ஆகிய பொருள்களைத் தரும். இவ்விரண்டும் இணைந்த 'தியலோகியா' என்னும் சொல் பிளேட்டோவின் 'குடியரசு' என்னும் நூலில்தான் முதன்முதலாகக் காணப்படுகிறது என்பர். அங்கே அது இன்றைய பொருளில் வரவில்லை. கவிஞர்கள் தெய்வங்களைப் பற்றி எவ்வாறு பாட வேண்டும் என்று ஆராயும் இடத்தில் வருகிறது. தெய்வத்தைப் பாடுவோர் என்பதே அத்துறையினர்க்கு அமைந்த பழம்பொருள். அப்பொருளை நோக்கின், நம் நாயன்மாரும் ஆழ்வாரும் அப்பெயருக்கு முற்றும் உரியவராவர்.

பிளேட்டோவின் மாணவரான அரிஸ்டாட்டில், கணிதம், இயற்கையியல் ஆகியவற்றோடு இறைப்பொருள் பற்றிய ஆய்வையும் ஓர் அறிவுத்துறையாக எண்ணினார். பிற்காலத்தில் பாரிஸ் முதலிய ஐரோப்பியப் பல்கலைக்கழகங்களில் சட்டமும் மருத்துவமும் போல இதுவும் ஓர் உயர்கல்வித் துறையாயிற்று. பாட்டாகத் தோன்றியது, காரணமும் மேற்கோளும் காட்டி நிறுவும் சாத்திரமாக வளர்ந்தது.

சொல்லின் ஈற்றிலுள்ள 'லி' என்னும் விகுதியின் வரலாறும் சுவையுடையது. பழைய ஆங்கிலத்தில் 'லிக்' என்பது உடல், உருவம் என்று பொருள்பட்டது. அதுவே தேய்ந்து இன்று 'லி' எனச் சொல்லின் வாலாக ஒட்டிக்கொண்டுள்ளது. தமிழில் பெயரை வினையோடு இயைக்க நாம் சேர்க்கும் 'ஆக' என்பதும் 'ஆகு' என்னும் வினையின் எச்சமே. ஆங்கிலேயன் உடலைச் சேர்த்தான்; தமிழன் ஆதலைச் சேர்த்தான். இரண்டு மொழியும் உயிருள்ள சொல்லைக் கொண்டே உறுப்பை ஆக்கியுள்ளன.

மூன்று ஆட்சிகள்

இச்சொல் ஆங்கிலத்தில் வழங்கும் இடங்களைத் தொகுத்து நோக்கின், மூவகை ஆட்சி புலப்படும். ஒருவர் சமய நூல்களை முறையாகக் கற்றவர் என்று குறிப்பது ஒன்று. ஒரு கொள்கை அச்சமய நூல்களோடு பொருந்துகிறது அல்லது முரண்படுகிறது என்று அளந்து கூறுவது மற்றொன்று. ஒரு செய்தியை அரசியல் நோக்கிலோ வரலாற்று நோக்கிலோ அன்றி, சமயநூல் நோக்கில் மட்டும் பேசுகிறேன் என்று எல்லை வகுப்பது மூன்றாவது.

தமிழில் இம்மூன்றையும் ஒரே சொல்லால் பெயர்க்க முற்படுவதே நாம் செய்யும் பிழை. முதலாவதை 'இறையியல் பயின்ற' என்றும், இரண்டாவதை 'சமயநூலுக்கு ஒத்த' அல்லது 'ஒவ்வாத' என்றும், மூன்றாவதை 'சமயநூல் நோக்கில்' என்றும் எழுதினால் பொருள் தெளிவாக விளங்கும். 'ரிலிஜியஸ்லி' என்பதோ பக்தியோடும் ஒழுக்கத்தோடும் தொடர்புடையது. நாள்தோறும் தவறாமல் நடைப்பயிற்சி செய்பவரையும் அச்சொல்லால் குறிப்பர். 'தியாலஜிக்கலி' என்பதை அவ்வாறு ஆள இயலாது. முன்னது நோன்பிருப்பவன் சொல். பின்னது நூலைப் புரட்டுபவன் சொல். ஒருவரிடமே இரண்டும் அமையலாம், அமையாமலும் போகலாம். பஞ்சாங்கத்தில் மழை எழுதியிருந்தாலும் அதைப் பிழிந்தால் ஒரு சொட்டும் வராது என்று தட்சிணேசுவரத்துப் பரமஹம்சர் சொன்னது இவ்வேறுபாட்டைக் கருதியே.

கல்கத்தாவும் தரங்கம்பாடியும்

இச்சொல்லின் வரலாற்றில் நாம் வாழும் இந்நகருக்கும் பங்குண்டு. வாரன் ஹேஸ்டிங்ஸ் 1780இல் கல்கத்தா மதரசாவை நிறுவினார். அங்கே பயிலப்பட்ட இசுலாமிய நூல்துறைகளுள் ஒன்று 'கலாம்'. அரபியில் அதன் பொருள் பேச்சு என்பதே. கிரேக்கர் 'லோகோஸ்' என்றதும் அரபியர் 'கலாம்' என்றதும் ஒரே கருத்தில் வந்து கூடுவதைக் காண்க. 1824இல் சமஸ்கிருதக் கல்லூரி தோன்றியது. வங்காளிகள் இத்துறையைத் 'தர்மதத்துவம்' என்று வழங்குவர். அரசுப் பணியிலிருந்துகொண்டே இலக்கியம் படைத்த பங்கிம் சந்திரர் 1888இல் வெளியிட்ட நூலொன்றின் பெயரும் அதுவே.

ஹௌராவில் பாண்டேல் செல்லும் மின்தொடர்வண்டியில் ஏறினால் ஒரு மணி நேரத்திற்குள் அடையக்கூடிய ஸ்ரீராம்பூரில், கேரி, மார்ஷ்மன், வார்டு ஆகிய மூவரும் 1818இல் ஒரு கல்லூரியைத் தொடங்கினர். கீழைநாட்டு இலக்கியமும் ஐரோப்பிய அறிவியலும் அங்கே ஒருங்கே கற்பிக்கப்பட்டன. கிறித்தவர் அல்லாத மாணவருக்கும் அதன் கதவு திறந்திருந்தது. ஸ்ரீராம்பூர் அந்நாளில் டேனிஷ் ஆட்சியில் இருந்தமையால், 1827இல் டென்மார்க் மன்னர் ஆறாம் பிரெடரிக் அக்கல்லூரிக்குப் பட்டம் வழங்கும் உரிமைச் சாசனம் அளித்தார். கல்கத்தா, பம்பாய், சென்னைப் பல்கலைக்கழகங்கள் தோன்றியது 1857இல். அவற்றுக்கு முப்பது ஆண்டுகளுக்கு முன்னரே ஹூக்ளிக் கரையில் பட்டம் வழங்கும் உரிமை பிறந்துவிட்டது.

தமிழராகிய நமக்கு இதில் உறவு ஒன்றும் உண்டு. நம் தரங்கம்பாடியும் 1620 முதல் டேனியர் வசம் இருந்த ஊரே. 1706இல் அங்கு வந்திறங்கிய சீகன்பால்கு தமிழ் கற்று, புதிய ஏற்பாட்டைத் தமிழில் அச்சேற்றினார். 1845இல் டேனியர் தரங்கம்பாடியையும் ஸ்ரீராம்பூரையும் சேர்த்தே ஆங்கிலேயருக்கு விற்றனர். ஒரே பத்திரத்தில் கைமாறிய இவ்விரண்டு ஊர்களுக்கும் கல்வித் தொடர்பு மட்டும் அறுபடவில்லை. 1918ஆம் ஆண்டின் வங்காளச் சட்டம் ஸ்ரீராம்பூர்க் கல்லூரிக்கு ஒரு செனட் அவையை அமைத்துத் தந்தது. மதுரை அரசரடியில் 1969இல் உருவான தமிழ்நாடு இறையியல் கல்லூரியில் பயில்வோர் பெறும் பட்டம் இந்த செனட் வழங்குவதே. ஒரு காலத்தில் 'வேதசாஸ்திரம்' என்றும் 'தேவசாஸ்திரம்' என்றும் கிறித்தவத் தமிழர் வழங்கிய துறைக்கு, 'இறையியல்' என்னும் நல்ல தமிழ்ப்பெயர் பரவியதில் அத்தகைய கல்லூரிகளுக்குப் பெரும்பங்கு உண்டு.

நம் பழஞ்சொல்

இனி, "தமிழில் சொல்லே இல்லையா?" என்ற வினாவுக்கு வருவோம். மணிமேகலையின் இருபத்தேழாவது காதைக்குச் 'சமயக்கணக்கர் தம் திறம் கேட்ட காதை' என்று பெயர். வஞ்சி நகரில் அளவைவாதி, சைவவாதி, வைணவவாதி, ஆசீவகர், நிகண்டர், சாங்கியர், வைசேடிகர் முதலியோரை மணிமேகலை அணுகி, ஒவ்வொருவர் கொள்கையையும் கேட்டறிகிறாள். கடவுளையே ஒப்பாத பூதவாதியும் அவ்வரிசையில் இடம்பெறுகிறான்.

சமயக்கணக்கர் யார்? இன்று கணக்கர் என்றால் என்னைப் போல் மேசைமுன் அமர்ந்து பேரேடு எழுதுபவர் என்றே கொள்வோம். பழந்தமிழில் 'கணக்கு' என்பதற்கு நூல் என்னும் பொருளும் உண்டு. பதினெண்கீழ்க்கணக்கு என்னும் வழக்கிலும், ஆசிரியரைக் 'கணக்காயர்' என்னும் வழக்கிலும் அதனைக் காணலாம். நக்கீரரைக் கணக்காயனார் மகனார் என்று சுட்டுவதை நாம் அறிவோம். ஆகவே சமயக்கணக்கர் என்போர் தத்தம் சமய நூல்களில் வல்லவர். ஐரோப்பியர் 'தியாலஜியன்' என்று சொல்வதற்கு இதனினும் பொருத்தமான சொல் வேண்டுமோ? 'இறையியல்' என்பது இறைவனை ஏற்கும் சமயங்களுக்கே பொருந்தும். 'சமயக்கணக்கு' என்பதோ சமணத்தையும் பௌத்தத்தையும் விலக்காமல் தழுவிக்கொள்ளும்.

முறையும் நம்மிடம் இருந்தது. பதின்மூன்றாம் நூற்றாண்டினரான மெய்கண்டாரின் சிவஞானபோதம் பன்னிரண்டு சூத்திரங்களும் நாற்பது அடிகளும் கொண்ட சிறுநூல். அதன் வார்த்திகம் மேற்கோள், ஏது, எடுத்துக்காட்டு என்னும் ஒழுங்கில் ஒவ்வொரு கருத்தையும் நிறுவிச் செல்கிறது. சமயக்கணக்கு நெறியில் சிந்தித்தல் என்பது இதுவே. அருணந்தி சிவாசாரியாரின் சிவஞான சித்தியார் பரபக்கம், சுபக்கம் என இரண்டாகப் பிரிகிறது. பிறர் கொள்கையை முதலில் எடுத்துரைத்து ஆராய்ந்த பின்னரே தன் கொள்கையைக் கூறுகிறது. நன்னூலார் நூலுக்கு உரிய மதங்கள் ஏழு என்றார். அங்கே 'மதம்' என்பதன் பொருள் ஆசிரியன் கொள்ளும் கருத்து என்பதே. மதம் என்பதே ஒருவன் நிற்கும் நிலை என்று அறிந்திருந்த மொழிக்கு, நோக்கைச் சுட்டும் சொல் இல்லாமற் போகுமா?

இந்நூல்கள் ஆங்கிலத்தில் புகுந்த வரலாறும் நினைவுகூரத்தக்கது. யாழ்ப்பாணத்தில் பணியாற்றிய ஹொய்சிங்டன் என்னும் அமெரிக்கப் பாதிரியார் சிவஞானபோதத்தை மொழிபெயர்த்து 1854இல் வெளியிட்டார். மாவட்ட முன்சீபாக இருந்த ஜே. எம். நல்லசாமிப் பிள்ளை 1895இல் தம் மொழிபெயர்ப்பை வெளியிட்டார். ஜி. யு. போப்பின் திருவாசக மொழிபெயர்ப்பு 1900இல் வந்தது. அலுவல் நேரம் போக எஞ்சிய பொழுதில் நல்லசாமிப் பிள்ளை செய்த பணி, நம்மைப் போன்ற ஊழியருக்கு ஊக்கமும் சிறிது நாணமும் தருவதாகும்.

ஒரு விகுதியின் அறம்

சொல்லாராய்ச்சி புலவர்க்கு மட்டுமே உரியது என்று கருத வேண்டா. 1954இல் உச்சநீதிமன்றம் சீரூர் மட வழக்கில், ஒரு சமயத்தின் இன்றியமையாக் கூறு எது என்பதை முதன்மையாக அச்சமயத்தின் கோட்பாடுகளைக் கொண்டே துணிய வேண்டும் என்று கூறியது. சென்னை மாநில அறநிலையச் சட்டத்தின்மேல் எழுந்த வழக்கு அது. அன்று முதல், 'இந்தச் சமய நூல்களின்படி' என்னும் தொடர் நீதிமன்றத்தில் எடைபோடப்படும் தொடராயிற்று.

'படி' என்னும் அச்சிறு சொல்லைக் கவனியுங்கள். எங்கள் அலுவலகத்தில் 'படி' என்றால் நகல். மாத இறுதியில் பஞ்சப்படி. வைணவ உரைமரபில் முப்பத்திரண்டு எழுத்துக் கொண்டது ஒரு படி. அவ்வளவையால்தான் ஈடு 'முப்பத்தாறாயிரப்படி' எனப் பெயர் பெற்றது. 'நூலின்படி' என்கையில் அது எல்லையும் அளவும் ஆகிறது. "இது பாவம்" என்பவன் உலகனைத்துக்கும் தீர்ப்பு வழங்குகிறான். "எங்கள் நூலின்படி இது பாவம்" என்பவன், தான் நிற்கும் இடத்தைச் சொல்லி, அடுத்தவர் நிற்பதற்கும் இடம் விடுகிறான். சொன்னவன் நம்பிக்கையில் அணுவளவும் குறைவதில்லை. கேட்பவன் மதிப்பும் குறைவதில்லை.

எங்கள் குடியிருப்பில் ஒரே மாடிப்படியில் துர்க்கா பூசைக்கு நன்கொடை திரட்டுவோரும், ரம்சான் நோன்பிருக்கும் குடும்பமும், மார்கழியில் கோலமிடும் நாங்களும் ஏறி இறங்குகிறோம். பிறந்த ஊரில் எல்லோரும் ஒரே வழக்கினராய் இருந்தபோது தேவைப்படாத 'படி', புகுந்த ஊரில் நாள்தோறும் தேவைப்படுகிறது. மணிமேகலை ஒவ்வொரு சமயக்கணக்கரிடமும் சென்று, "நும் பொருள் யாது?" என்று கேட்டதைப் போல, நாமும் அண்டை வீட்டாரிடம் கேட்கலாம்; நம்மைக் கேட்டால் சொல்லவும் கற்றிருக்கலாம்.

மறுநாள் என் மகளிடம் இவற்றையெல்லாம் சுருக்கிச் சொன்னேன். அவள் குறிப்பேட்டில் ஆங்கில வாக்கியத்தை எழுதி முடித்து, அதன் கீழே தமிழில் 'எங்கள் சமய நூல்களின்படி' என்று எழுதினாள். பிறகு, "கணக்கு என்றால் புத்தகமா? அப்படியானால் நீங்களும் கணக்கர்தானே அப்பா?" என்று சிரித்தாள். பேரேட்டை மட்டுமே அறிந்த கணக்கன் நான். சமயக்கணக்கும் சிறிது கற்க வேண்டும் என்னும் ஆசை, அந்தச் சிரிப்பில் எனக்குப் பிறந்தது.