மானும் கோயிலும்: டூங்கபியிலிருந்து ஒரு நாள் யாத்திரை

சென்ற பாடசாலை விடுமுறையின்போது டூங்கபியில் வாழும் நான்கு குடும்பத்தினர் சேர்ந்து ஒரு வானை வாடகைக்கு அமர்த்திக்கொண்டு ஹெலன்ஸ்பேர்க் சென்று வந்தோம். முற்பகலில் வனவிலங்குப் பூங்கா, நண்பகலில் வேங்கடேசுவரர் ஆலயம், மாலையில் தேசியப் பூங்காவின் காட்டோரமாக வீடு திரும்புதல் என்பது எமது திட்டம். பிள்ளைகளுக்கு விலங்குகளைப் பார்க்கும் ஆசை, பெரியவர்களுக்குக் கோயில். ஒரே பயணத்தில் இரு சாராரும் நிறைவடையலாம் என்று எண்ணினோம்.

பொழுது சாயும் வேளையில் காட்டோரத்தில் மானொன்று தலை நிமிர்த்தி நின்றது. சாரதி வானை நிறுத்தினார். எங்களோடு வந்திருந்த திருகோணமலை அம்மா ஒருவர் கண்ணாடிக்கு அருகே முகத்தைக் கொண்டுபோய், "எங்கட கோணேசர் கோட்டையிலயும் இப்பிடித்தான். கோயிலுக்குப் போற வழியெல்லாம் மான் நிக்கும்" என்றார். அவருடைய பேரன், பத்து வயதுச் சிறுவன், "அம்மம்மா, கோணேசர் கோட்டை எங்க இருக்கு? சிட்னியிலயா?" என்று கேட்டான். வானுக்குள் எல்லோரும் சிரித்தோம். ஆனால் அச்சிரிப்பு நீடிக்கவில்லை. ஊரில் பதினைந்து ஆண்டுகள் வரலாறு கற்பித்த நானும் அந்த வானுக்குள் இருந்தேன். பிள்ளைக்கு ஒருவரும் ஒழுங்காக விடை கூறவில்லை. அன்று சொல்லத் தவறியதை இங்கு எழுதுகிறேன்.

புறப்பட்ட இடத்தின் கதை

எந்தப் பயணத்தின் வரலாறும் புறப்படும் வாசலிலிருந்தே தொடங்குகின்றது. டூங்கபி என்பது ஆங்கிலப் பெயரன்று. இந்நிலத்தின் ஆதி மக்களான தாருக் மக்களின் மொழியில் அது நீரோடு தொடர்புடைய சொல். நீர்கள் கூடும் இடம் என்று பொருள் கூறுவர். சிட்னி, பரமற்றா ஆகியவற்றுக்குப் பின்னர் ஆங்கிலேயர் இப்பெருநிலத்தில் அமைத்த மூன்றாவது குடியிருப்பு இதுவே. 1791 இல் ஆளுநர் ஆதர் பிலிப் இங்கு அரசாங்கப் பண்ணையை ஏற்படுத்தினார். கைதிகள் காட்டை வெட்டிச் சோளமும் கோதுமையும் விளைவித்தனர். வேலையின் கடுமையால் கைதிகள் அஞ்சிய இடம் அது.

வெட்டப்பட்டது வெறுங்காடன்று. அது தாருக் மக்களின் உணவும் ஊருமாகும். அவர்களுக்காகப் போராடிய பிட்ஜிகல் குலத்து வீரன் பெமுல்வுய், 1797 இல் தன் ஆட்களோடு டூங்கபிப் பண்ணையைத் தாக்கினான். குடியேறியவர்கள் துரத்திச் செல்ல, பரமற்றாவில் நடந்த மோதலில் ஏழு ஈயக் குண்டுகள் பாய்ந்து வீழ்ந்தான். வைத்தியசாலையில் காலில் விலங்குடன் கிடந்தவன், அவ்விலங்குடனேயே தப்பிச் சென்றான். 1802 இல் அவன் சுட்டுக் கொல்லப்பட்டான். அவனது தலை மதுச்சாரத்தில் இடப்பட்டு இங்கிலாந்துக்கு அனுப்பப்பட்டது. அத்தலையை மீட்டுத் தருமாறு அவனது மக்கள் இன்றும் கேட்டு வருகின்றனர்.

நிலத்தை இழந்து வந்த நாம், நிலத்தை இழந்தவர்களின் மண்ணிலேயே வீடு எடுத்திருக்கின்றோம். இதைச் சொல்வது குற்ற உணர்வை விதைப்பதற்காக அன்று. தம் வீட்டு வாசலின் கதையை அறிந்த பிள்ளைக்கே அம்மம்மாவின் ஊர்க்கதையும் விளங்கும் என்பது என் ஆசிரிய அனுபவம்.

கொவாலாவும் அதன் தோலும்

லிவர்பூலைத் தாண்டி, ஹீத்கோட் வீதி வழியாகத் தெற்கே சென்றால் ஏறத்தாழ ஒரு மணிநேரத்துக்குச் சற்று மேற்பட்ட பயணத்தில் ஹெலன்ஸ்பேர்க் வந்துவிடும். தாரவால் மக்களின் நிலமான இவ்வூர், 1880களில் நிலக்கரிச் சுரங்கத்தால் எழுந்தது. ஊருக்கு அருகிலுள்ள சிம்பியோ வனவிலங்குப் பூங்கா 1970களில் கொவாலாத் தோட்டமாகத் தொடங்கியது. பிள்ளைகள் கங்காருவுக்குக் கையால் உணவூட்டினர். வொம்பற் என்னும் விலங்கு மண்ணைத் தோண்டி வளையமைப்பது. தோண்டும் மண் குட்டியின் மேல் விழாதிருக்க அதன் வயிற்றுப் பை பின்புறமாகத் திறந்திருக்கின்றது. இதனைக் கேட்டுப் பிள்ளைகள் மட்டுமன்றித் தாய்மாரும் வியந்தனர்.

கொவாலா, நாளில் பெரும் பகுதியை உறங்கிக் கழிக்கும். யூக்கலிப்ரஸ் இலையில் சத்துக் குறைவு, நஞ்சும் உண்டு. அதனைச் செரிப்பதற்கே உடலின் ஆற்றல் செலவாகிவிடுவதால் அந்த உறக்கம் சோம்பலன்று, பிழைக்கும் வழியே. நியூ சவுத் வேல்ஸ் மாநிலத்தில் வருகை தருவோர் அதனைக் கையில் ஏந்துவதற்குச் சட்டம் இடமளிப்பதில்லை. அருகே நின்று படம் எடுத்துக்கொள்ளலாம்.

இன்று இந்நாட்டின் அடையாளமாகக் காட்டப்படும் இவ்விலங்கு, ஒரு காலத்தில் தோலுக்காக வேட்டையாடப்பட்டது. 1927 ஓகஸ்ட் மாதத்தில் குயின்ஸ்லாந்து அரசு வேட்டைக்கு அனுமதி அளித்தபோது, அந்த ஒரே மாதத்தில் ஐந்து இலட்சத்துக்கும் அதிகமான கொவாலாக்கள் கொல்லப்பட்டன. மக்கள் கொதித்தெழுந்தனர். அதன் பின் அங்கு வேட்டைக்கு மீண்டும் அனுமதி வழங்கப்படவில்லை. எனினும் காடழிப்பும் தீயும் நோயும் அவற்றை விட்டுவைக்கவில்லை. 2022 இல் குயின்ஸ்லாந்து, நியூ சவுத் வேல்ஸ், தலைநகர்ப் பிரதேசம் ஆகியவற்றில் கொவாலா அழியும் ஆபத்திலுள்ள இனமாக அறிவிக்கப்பட்டது. ஓர் இனத்தைக் கொல்வதற்கு உத்தரவிடுவதும் அரசுதான். காப்பதற்குச் சட்டம் செய்வதும் அரசுதான். இரண்டுக்கும் இடையே நிற்பது மக்களின் குரல்.

குன்றின் மேல் கோபுரம்

பூங்காவிலிருந்து சிறிது தூரத்திலேயே ஆலயம். யூக்கலிப்ரஸ் மரங்களுக்கு நடுவே வெண்ணிறக் கோபுரம் தெரிந்தவுடன் வானிலிருந்த முதியவர்கள் தம்மையறியாமல் கைகூப்பினர்.

இந்நாட்டில் நமது கோயில்கள் ஏன் இவ்வளவு காலந்தாழ்த்தி எழுந்தன என்று பிள்ளைகள் கேட்பதுண்டு. 1901 இல் இயற்றப்பட்ட குடிவரவுச் சட்டத்தின் துணையோடு, வெள்ளையரல்லாதோருக்கு இந்நாட்டின் கதவு அடைக்கப்பட்டிருந்தது. அக்கொள்கை படிப்படியாகத் தளர்ந்து, 1973 இல் விற்லம் அரசாங்கத்தால் முற்றாகக் கைவிடப்பட்டது. அதன் பின்னரே நம்மவர்கள் கூட்டமாக வந்து சேர்ந்தனர். ஓபேர்னில் சிறீ மந்திர் என்னும் ஆலயம் 1977 இல் தோன்றியது. ஹெலன்ஸ்பேர்க் ஆலயத்துக்கான முயற்சி 1978 இல் தொடங்கியது. முதலில் பிள்ளையாரே எழுந்தருளினார். இந்தியாவிலிருந்து வந்த சிற்பிகளின் கைவண்ணத்தில் ஆகம முறைப்படி அமைந்த ஆலயத்துக்கு 1985 இல் மகா கும்பாபிடேகம் நடைபெற்றது. வேங்கடேசுவரருக்கு ஒரு பகுதி, சந்திரமௌலீசுவரருக்கும் திரிபுரசுந்தரிக்கும் மற்றொரு பகுதி எனச் சைவமும் வைணவமும் ஒரே வளாகத்தில் அமைந்திருப்பது இதன் சிறப்பு. நாம் வாழும் மேற்குச் சிட்னிக்கு அண்மையில், மேஸ் ஹில் முருகன் ஆலயத்துக்கு 1999 இல் குடமுழுக்கு நடந்தது.

1983 ஆடிக் கலவரத்தின் பின் இங்கு வந்திறங்கியவர்களில் எத்தனையோ பேர், முதற் சம்பளத்தில் ஒரு பகுதியைக் கோயிற் திருப்பணிக்குக் கொடுத்தவர்கள். சொந்த வீடு வாங்கும் முன்னர் சுவாமிக்கு வீடு அமைத்த தலைமுறை அது. தரிசனம் முடித்து, கோயிற் சிற்றுண்டிச்சாலையில் தோசையும் தயிர்ச்சாதமும் உண்ட பிள்ளைகளுக்கு இச்செய்தியையும் ஊட்டியிருக்க வேண்டும்.

தேசியப் பூங்காவின் மான்

ஹெலன்ஸ்பேர்க்கை ஒட்டி விரிந்திருக்கும் றோயல் தேசியப் பூங்கா 1879 இல் அமைக்கப்பட்டது. அமெரிக்காவின் யெலோஸ்ரோன் பூங்காவுக்கு அடுத்து, உலகின் இரண்டாவது தேசியப் பூங்கா என்பர். அன்று அதன் நோக்கம் நகர மக்களின் பொழுதுபோக்கே ஆகும். வனவிலங்குப் பாதுகாப்பு என்னும் எண்ணம் பின்னர் வந்தது. பத்துச் சத நாணயத்தில் பிள்ளைகள் காணும் யாழ்ப்பறவை இக்காட்டிலேயே வாழ்கின்றது. தோகை விரித்தாடும் அப்பறவை, பிற பறவைகளின் குரலையெல்லாம் தன் குரலாக்கிப் பாடும். 1994 ஜனவரியில் எழுந்த பெருந்தீ இப்பூங்காவின் பத்தில் ஒன்பது பங்குக்கும் மேற்பட்ட பகுதியை எரித்தது. காடு மீண்டும் தளிர்த்தது.

நாம் கண்ட மான் இம்மண்ணுக்கு உரியதன்று. யாவாத் தீவுப் பகுதியைச் சேர்ந்த ருசா மானினத்தைப் பூங்காவின் தொடக்க காலத்தில் அழகுக்காகக் கொணர்ந்து விட்டனர். அது பெருகிச் செடிகொடிகளைத் தின்று தீர்ப்பதால், இன்று அதனைக் குறைக்க வேண்டிய உயிரினமாக அதிகாரிகள் கருதுகின்றனர். வரவழைத்தவர்களும் மனிதர்களே, வேண்டாமென்போரும் மனிதர்களே. மானின் பக்கத்தில் நின்று பார்க்கும்போது மனம் சற்றுக் கனக்கத்தான் செய்கின்றது.

கோணேசர் கோட்டை

இனி அப்பேரனின் கேள்விக்கு வருவோம். கோணேசர் கோட்டை சிட்னியில் இல்லை. இலங்கையின் கிழக்குக் கரையில், திருகோணமலையில், கடலுக்கு மேல் செங்குத்தாக எழுந்த பாறையின் உச்சியில் இருக்கின்றது திருக்கோணேசுவரம். ஏழாம் நூற்றாண்டில் திருஞானசம்பந்தர் பதிகம் பாடிய தலம் அது. 1622 இல் போர்த்துக்கேயர் அக்கோயிலை இடித்தனர். இடித்த கற்களைக் கொண்டே கோட்டை கட்டினர். பின்னர் ஒல்லாந்தரும் ஆங்கிலேயரும் அக்கோட்டையை ஆண்டனர். ஆங்கிலேயர் அதற்குப் பிரடெரிக் கோட்டை என்று பெயரிட்டனர். பாண்டியரின் இணைக்கயல் சின்னத்தைக் கோட்டை வாயிற் கல்லில் இன்றும் காணலாம்.

1950 இல் நகரத்தில் கிணறு வெட்ட முனைந்தபோது, மண்ணுக்குள்ளிருந்து பழைய செப்புத் திருமேனிகள் வெளிப்பட்டன. இடிப்புக்கு அஞ்சிய அடியார்கள் புதைத்து வைத்தவை அவை என்பது ஊரார் நம்பிக்கை. புதிதாக எழுந்த கோயிலுக்கு 1963 இல் கும்பாபிடேகம் நடந்தது. இடிபட்ட நாளுக்கும் இந்நாளுக்கும் இடையே 341 ஆண்டுகள்.

1982 இல், நான் சிறுவனாக இருந்தபோது, வவுனியாவிலிருந்து என் தந்தையார் எங்களை ஒரு நாட் பயணமாக அங்கு அழைத்துச் சென்றார். ஹொரவப்பொத்தானைக் காட்டு வழியில் யானை கண்டோம். கன்னியாவின் ஏழு வெந்நீர்க் கிணறுகளில் நீராடினோம். கோட்டை வாயிலைக் கடந்ததும் புள்ளிமான்கள் கூட்டமாக நின்றன. தங்கை நீட்டிய வாழைப்பழத் தோலை ஒரு மான் வந்து வாங்கித் தின்றது. அதன் பின்னரே மேலேறி சுவாமியைக் கும்பிட்டோம். மறு ஆண்டு ஆடியோடு அவ்வாறான பயணங்களெல்லாம் நின்று போயின.

விலங்கையும் கோயிலையும் ஒரே வழியில் காண்பது சுற்றுலா நிறுவனங்கள் கண்டுபிடித்த புதுமையன்று. கதிர்காம யாத்திரிகர் உகந்தைமலை முருகனை வணங்கி, குமண, யால காடுகளுக்குள் பல நாட்கள் நடப்பர். யானையும் கரடியும் உலவும் யால வனம் 1938 இல் தேசியப் பூங்காவானது. நடந்தவர்களின் வழியோ அதனினும் பழையது. வள்ளியம்மை மான் வயிற்றில் பிறந்தவள் என்கிறது கந்தபுராணம். அவள் முருகனைச் சேர்வதற்கு யானை வடிவில் வந்து உதவியவர் பிள்ளையார். காட்டை விலக்கிவிட்டு நம் கோயிலை நினைக்க முடியாது.

பெற்றோருக்கு ஒரு வேண்டுகோள்

அந்த வானில் வந்தவர்களுள் இன்னும் இடைக்கால விசாவில் இருப்போரும் உளர். அவர்கள் நினைத்தவுடன் ஊருக்குச் சென்று கோணேசரைக் கும்பிட்டுத் திரும்ப இயலாது. அவர்களுடைய பிள்ளைகளுக்குக் கோணேசர் கோட்டை என்பது தாய்தந்தையரின் வாய்ச்சொல்லில் மட்டுமே இருக்கின்றது. நாம் சொல்லாவிட்டால் அது இல்லாமற் போகும். 1622 இல் திருமேனிகளை மண்ணுக்குள் காத்தார்கள். நாம் சொல்லுக்குள் காக்க வேண்டியவர்களாக இருக்கின்றோம்.

ஆகவே அடுத்த விடுமுறையில் குடும்பத்தோடு ஹெலன்ஸ்பேர்க் செல்பவர்கள், போகும் வழியில் ஒரு மணிநேரம் கைத்தொலைபேசியை மூடி வைக்கும்படி பிள்ளைகளிடம் கேட்டுக்கொள்ளுங்கள். டூங்கபியைத் தாண்டும்போது பெமுல்வுய்யைச் சொல்லுங்கள். கொவாலாவைக் காணும்போது 1927 ஐச் சொல்லுங்கள். கோபுரத்தைக் காணும்போது, அதைக் கட்டியவர்களின் முதற் சம்பளத்தைச் சொல்லுங்கள். மாலையில் மான் நின்றால் வாகனத்தை நிறுத்தி, அம்மம்மாவைப் பேச விடுங்கள்.

சென்ற வாரம் அந்த அம்மாவைச் சந்தைக்கருகில் கண்டேன். பேரன் கோணமலையைத் தாளில் வரைந்து குளிர்சாதனப் பெட்டியில் ஒட்டியிருக்கின்றானாம். பாறையும் கடலும் சரியாக அமைந்திருக்கின்றனவாம். மானுக்குப் பக்கத்தில் மட்டும் ஒரு கங்காருவையும் வரைந்து வைத்திருக்கின்றான் என்றார். "அழிக்கச் சொல்லட்டோ, மாஸ்டர்?" என்று என்னைக் கேட்டார். வேண்டாம், அது அப்படியே இருக்கட்டும் என்று கூறினேன்.