கம்பனியின் கழகம்: டேவூ ரோயல்ஸ் முதல் பூசான் ஐபார்க் வரை

தென்கொரியாவில் ஐபார்க் எண்டு சொன்னால் முதலில் நினைவுக்கு வாறது உதைபந்து இல்லை, தொடர்மாடி. எச்டிசி என்ற கட்டுமானக் கம்பனி கட்டி விற்கிற வீடுகளின் வியாபாரப் பெயர் அது. அந்தப் பெயரைத்தான் நாட்டின் இரண்டாவது பெரிய நகரமான பூசானின் உதைபந்தாட்டக் கழகமும் சுமக்கிறது. பூசான் ஐபார்க். 2021 பருவத்தில் இருந்து அவர்கள் விளையாடுவது இரண்டாம் தர லீக்கான 'கே லீக் 2'இல்.

இதைக் கேட்டால் ஏதோ சின்னக் கழகம் எண்டுதான் நினைப்பீர்கள். ஆனால் இந்தக் கழகம் நான்கு தடவை கொரிய லீக் சம்பியன்: 1984, 1987, 1991, 1997. ஆசியக் கழகங்களுக்கான சம்பியன் கிண்ணத்தை வென்ற முதல் கொரியக் கழகமும் இதுதான். ஒரு விஷயம் மட்டும் இடிக்கும். இந்த வெற்றிகளில் ஒன்றுகூட ஐபார்க் என்ற பெயரில் வந்ததில்லை. எல்லாமே டேவூ ரோயல்ஸ் காலத்துச் சொத்து. அந்த டேவூ இப்ப இல்லை.

இந்தக் கதையை விளங்க 1980களின் தொடக்கத்துக்குப் போக வேண்டும். 1979 டிசம்பரில் இராணுவச் சதி மூலம் அதிகாரத்தைப் பிடித்தவர் ஜெனரல் சுன் டூ-ஹ்வான். 1980 மே மாதம் குவாங்ஜு நகரத்தில் ஜனநாயகம் கேட்டு எழும்பிய மக்களை அவரது படை சுட்டுத் தள்ளியது. அதற்கு இரண்டு வருஷம் கழித்து, 1982இல், தொழில்முறை பேஸ்போல் லீக் தொடங்குகிறது. 1983இல் உதைபந்தாட்ட 'சூப்பர் லீக்' வருகிறது. சனத்தின் கவனத்தை அரசியலில் இருந்து திருப்பத்தான் இந்த ஏற்பாடு என்று அந்த நாட்டில் பரவலாகப் பேசுவார்கள். விளையாட்டு, சினிமா, பாலியல் மூன்றையும் சேர்த்து '3எஸ் கொள்கை' என்று பெயரே வைத்திருக்கிறார்கள். லீக் நடத்தக் காசு வேண்டுமே? அதற்குத்தான் பெருங்குடும்பங்கள் நடத்துகிற 'சேபோல்' எனப்படும் கம்பனிக் கூட்டங்கள்.

அதாவது, ஐரோப்பாவின் பழைய கழகங்களைப் போல ஒரு தேவாலயத்தில் இருந்தோ, தொழிற்சாலைத் தொழிலாளர்களின் மாலைநேர விளையாட்டில் இருந்தோ கொரிய லீக் முளைக்கவில்லை. மேலிருந்து கீழே இறக்கப்பட்டது. முதல் பருவத்தில் விளையாடிய ஐந்து அணிகளையும் பாருங்கள்: ஹல்லேலூயா, யூகொங், போஸ்கோ, டேவூ, குக்மின் வங்கி. ஒன்று கிறிஸ்தவ அணி. மற்றதெல்லாம் எண்ணெய், இரும்பு, கார், வங்கி. ஓர் ஊரின் பெயர்கூட இல்லை.

டேவூ அணியின் வேர் 1979இல் தொடங்கப்பட்ட சேஹான் மோட்டர்ஸ் கம்பனி அணி. அந்த மோட்டார் கம்பனி டேவூவின் பெயருக்கு மாற, அணியும் மாறியது. பிறகு தொழில்முறை அணியாகி டேவூ ரோயல்ஸ் ஆனது. பிறந்து நாலைந்து வருஷத்துக்குள்ளேயே ஒருக்கா பெயர் மாறிவிட்டது, கவனியுங்கள்.

முதலாளி கிம் வூ-சூங். 1967இல் ஒரு சின்ன ஏற்றுமதிக் கம்பனியாகத் தொடங்கி, துணி, கப்பல், கார் எண்டு விரிந்தவர். காசு கொட்டினார், அதில் சந்தேகம் இல்லை. 1984இல் முதல் சம்பியன் பட்டம். 1986 ஜனவரியில் ஜெத்தாவில், சவூதியின் அல் அஹ்லியை அவர்களுடைய மண்ணிலேயே மேலதிக நேரத்தில் 3-1 என்று வென்று ஆசியக் கிண்ணம். 1991இல் ஹங்கேரிக்காரரான பேர்டலன் பிச்கெய் பயிற்றுவிப்பாளராக இருந்தபோது தொடர்ந்து 21 போட்டிகளில் தோல்வியே இல்லாமல் ஓடி மூன்றாவது பட்டம்.

பிறகு கிம் ஜூ-சுங். நீண்ட தலைமுடியோடு ஓரக்களத்தில் ஓடியதால் 'காட்டுக் குதிரை' என்று ரசிகர்கள் கூப்பிட்ட வீரர். 1989, 1990, 1991 என்று மூன்று வருஷம் தொடர்ந்து ஆசியாவின் சிறந்த வீரர். ஜேர்மனியின் பொகும் கழகத்துக்குப் போய்த் திரும்பி வந்து, வயது ஏற ஏற முன்களத்தில் இருந்து பின்களத்துக்கு இறங்கி, 1997இல் பின்கள வீரராகவே லீக்கின் சிறந்த வீரர் விருதையும் வாங்கினார். என்னைக் கேட்டால், கழக உதைபந்தில் ஆசியா கண்ட விசுவாசமான வாழ்க்கைகளில் இது ஒன்று. 1987இல் இருந்து 1999 வரை கொரியாவில் அவர் விளையாடியது டேவூவுக்கு மட்டும்தான். அவருடைய 16ஆம் இலக்கத்தை அதன் பிறகு அந்தக் கழகம் வேறு யாருக்கும் கொடுக்கவில்லை.

இன்னொரு விஷயம். 'பூசான்' என்ற சொல் கழகத்தின் பெயரில் வந்தது 1996இல்தான். கழகங்கள் தங்கள் ஊரின் பெயரையும் சேர்க்க வேண்டும் என்று லீக் சொன்னபிறகு அது 'பூசான் டேவூ ரோயல்ஸ்' ஆனது. மூன்று பட்டங்கள் வென்று முடிந்தபிறகுதான் ஊரின் பெயர் உள்ளே வருகிறது. ஆனால் பூசான் சனம் அதற்காகக் காத்திருக்கவில்லை. பூசான் பேஸ்போல் பைத்தியம் பிடித்த நகரம், லொட்டே ஜயன்ட்ஸின் கோட்டை. அங்கேயும் குடொக் மைதானத்துக்கு உதைபந்து பார்க்க ஆட்கள் வந்தார்கள். 1998 உலகக் கிண்ணத்துக்குப் பிறகு, சினிமா நடிகர் மாதிரி இருந்த ஆன் ஜுங்-ஹ்வானைப் பார்க்க இளம்பெண்கள் கூட்டம் கூட்டமாக வந்தார்கள். 1999இல் டேவூ சம்பியன் ஆகவில்லை, இரண்டாமிடம். அப்படியிருந்தும் லீக்கின் சிறந்த வீரர் விருது அவருக்கே.

அந்த வருஷமே கம்பனி விழுந்தது.

1997 முடிவில் ஆசிய நிதி நெருக்கடியில் கொரியா ஐஎம்எஃப் வாசலில் நின்றது. மற்ற சேபோல்கள் கடனைக் குறைத்து ஒதுங்கப் பார்க்க, டேவூ இன்னும் கடன் வாங்கி இன்னும் விரிந்தது. 1999இல் அதன் கடன் பல பத்து பில்லியன் டொலர். நாட்டின் மிகப் பெரிய கம்பனிக் கூட்டங்களில் ஒன்று வங்குரோத்தாகிப் பிரித்து விற்கப்பட்டது. கிம் வூ-சூங் நாட்டை விட்டே போய்விட்டார். 2005இல்தான் திரும்பி வந்தார், கணக்கு மோசடிக்காகச் சிறைத்தண்டனை, பிறகு 2007 முடிவில் மன்னிப்பு. கார்க் கம்பனி போனது மாதிரி, கழகமும் ஒரு சொத்தாக விலைப்பட்டியலுக்குள் போனது. வாங்கியது ஹியூண்டாய் டெவலப்மன்ட், பின்னாளில் எச்டிசி. ஹியூண்டாய் குடும்பத்தின் ஒரு கிளையான சொங் மொங்-கியூவின் கம்பனி. அதே பெருங்குடும்பத்தின் மற்றக் கிளைகளிடம் உல்சான், ஜொன்புக் கழகங்கள் ஏற்கெனவே இருந்தன.

2000இல் பெயர் 'பூசான் ஐகொன்ஸ்'. 2005இல் 'பூசான் ஐபார்க்'. முதலில் வந்தது கட்டுமானத்தை நினைவூட்டும் பெயர், இரண்டாவது நேரடியாகவே வீட்டின் பெயர். ஆன் ஜுங்-ஹ்வான் 2000இல் இத்தாலியின் பெருஜியாவுக்குப் போனார். கழகம் குடொக்கை விட்டு ஆசியாட் மைதானத்துக்குப் போனது. 2002 உலகக் கிண்ணத்தில் கொரியா போலந்தை 2-0 என்று வென்று தன் முதல் உலகக் கிண்ண வெற்றியைக் கண்ட இடம் அது. ஐம்பதாயிரத்துக்கு மேல் இருக்கைகள், நடுவில் ஓட்டப்பாதை. சில ஆயிரம் பேர் வந்தால் ஆட்கள் இருப்பதே தெரியாது.

முற்றிலும் இருட்டு எண்டும் சொல்ல முடியாது. 1973இல் சண்டர்லாண்டுக்கு எஃப்ஏ கிண்ணத்தை வென்று கொடுத்த கோலை அடித்த இயன் போர்ட்டர்ஃபீல்ட் பயிற்றுவிப்பாளராக வந்து, 2004இல் கொரிய எஃப்ஏ கிண்ணத்தை வென்று கொடுத்தார். 2005இல் ஆசிய சம்பியன்ஸ் லீக்கின் அரையிறுதி வரை போய், சவூதியின் அல் இத்திஹாதிடம் முதல் போட்டியிலேயே 5-0 என்று நொறுங்கினார்கள். பிறகு மெல்ல மெல்லச் சரிவு. 2007இல் நடந்தது ஒரு பகிடி. புதிதாகச் சேர்ந்த பயிற்றுவிப்பாளர் பாக் சுங்-ஹ்வா சில வாரங்களுக்குள்ளேயே ஒலிம்பிக் அணியைப் பார்க்கப் போய்விட்டார். கூப்பிட்டது கொரிய உதைபந்தாட்டச் சங்கம்.

அந்தச் சங்கத்தைப் பற்றிச் சொல்லாமல் இந்தக் கதை நிறையாது. 1988 முதல் 1992 வரை சங்கத்தின் தலைவர் யார்? டேவூ முதலாளி கிம் வூ-சூங். 2013 முதல் தலைவர் யார்? ஐபார்க் முதலாளி சொங் மொங்-கியூ. கழகத்தின் இரண்டு முதலாளிகளுமே நாட்டின் உதைபந்தை ஆண்டவர்கள். அப்படிப்பட்டவரின் கழகத்துக்கு எல்லாம் சாதகமாக நடக்கும் எண்டு நினைப்போம். நடந்தது தலைகீழ். 2015இல் பூசான் முதலாம் லீக்கில் 11ஆம் இடம். தரமிறக்கத்தைத் தீர்மானிக்கும் போட்டியில் எதிரணி, சுவோன் நகரசபைக் காசில் நடக்கிற சுவோன் எஃப்சி. முதல் போட்டியில் 0-1. டிசம்பர் 5ஆம் திகதி சொந்த ஊரில் 0-2. கொரியாவில் இரண்டாம் லீக்குக்கு இறங்கிய முதல் கம்பனிக் கழகம் அதுதான். முன்னாள் சம்பியன்களில் முதலில் இறங்கியதும் அதுதான்.

இது அவர் நேர்மையானவர் என்பதற்கான சான்று என்று யாராவது சொல்லலாம். எனக்கு அப்படித் தெரியவில்லை. சொந்தக் கழகம் அவருக்கு அவ்வளவு முக்கியமாக இருக்கவில்லை என்பதுதான் எனக்குப் படுகிறது. டேவூவுக்குக் கழகம் ஒரு கொடி. எச்டிசிக்கு அது வரவு செலவில் ஒரு வரி.

கீழே போனபிறகு ஏறுவது லேசில்லை. 2017 ஒக்டோபரில் பயிற்றுவிப்பாளர் சோ ஜின்-ஹோ மாரடைப்பால் 44 வயதில் இறந்தார். அந்தத் துக்கத்தோடு தரமுயர்வுப் போட்டி வரை போய், இராணுவ அணியான சங்ஜு சங்முவிடம் பெனால்டியில் தோற்றார்கள். 2018இல் எஃப்சி சோலிடம் தோல்வி. 2019இல் கியோங்னமை வென்று ஏறினார்கள். ஒரே வருஷம். 2020இல் கடைசி இடத்தில் முடித்துத் திரும்பவும் கீழே.

2022 ஜனவரி 11. குவாங்ஜு நகரத்தில் கட்டிக்கொண்டிருந்த ஐபார்க் தொடர்மாடி ஒன்றின் ஒரு பக்கம், மேல் மாடிகளில் இருந்து பொறிந்து விழுந்தது. 6 தொழிலாளர்கள் இறந்தார்கள். அதற்கு ஏழு மாதம் முதல், அதே நகரத்தில், அதே கம்பனி பொறுப்பெடுத்த வேலைத்தளத்தில், இடித்துக்கொண்டிருந்த கட்டடம் பஸ் ஒன்றின் மேல் சரிந்து 9 பேர் இறந்திருந்தார்கள். சொங் மொங்-கியூ கட்டுமானக் கம்பனியின் தலைவர் பதவியை விட்டார். உதைபந்தாட்டச் சங்கத் தலைவர் பதவியை விடவில்லை. அடுத்த பருவம் தொடங்கியபோது பூசான் வீரர்கள் அதே பெயரோடு மைதானத்துக்கு வந்தார்கள். கம்பனி எதைச் செய்தாலும் அந்தப் பெயரை ஒரு ஊர் சேர்ந்து சுமக்க வேண்டும் என்பது இதுதான்.

வேறு வழி இருந்ததா? இருந்தது, ஆனால் இன்னும் கசப்பானது. எல்ஜி கம்பனி 2004இல் தன் அன்யாங் கழகத்தைத் தூக்கி சோலுக்குக் கொண்டுபோனது. எஸ்கே 2006இல் தன் புச்சொன் கழகத்தை ஜேஜு தீவுக்குக் கொண்டுபோனது. ரசிகர்களிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. புச்சொன் ரசிகர்கள் தாங்களே ஒரு கழகத்தைத் தொடங்கி, தங்கள் ரசிகர் கூட்டம் பிறந்த வருஷத்தைச் சேர்த்து 'புச்சொன் எஃப்சி 1995' எண்டு பெயர் வைத்தார்கள். அன்யாங்கிலும் புதுக் கழகம் 2013இல் லீக்குக்குள் வந்தது. 2024இல் அது கே லீக் 2 சம்பியனாகி மேலே போனது. இவை நகரசபைக் காசை நம்பி ஓடுகிற கழகங்கள். மேயர் மாறினால் வரவு செலவும் மாறும், அது வேறு தலையிடி. ஆனாலும் பெயர் ஊருடையது. பூசான் ரசிகர்களுக்கு நடந்தது இதன் மறுபக்கம்: கழகம் ஊரை விட்டுப் போகவில்லை, அதனால் புதிதாக ஒன்றைக் கட்ட அவர்களுக்குத் தேவையும் வரவில்லை. பெயர் மட்டும் கைமாறியது.

2023 நவம்பர் 26. பருவத்தின் கடைசி நாள், ஆசியாட் மைதானம். சுங்புக் சொங்ஜுவை வென்றால் பூசான் சம்பியன், நேரடியாக முதலாம் லீக். உபாதையீடு நேரம் வரை 1-0 என்று முன்னிலை. அதற்குள் ஒரு கோல் வாங்கினார்கள். 1-1. கிம்சொன் சங்மு 71 புள்ளி, பூசான் 70. மிச்சம் இருந்தது தரமுயர்வுப் போட்டி மட்டும். எதிரணி யார் தெரியுமா? அதே சுவோன் எஃப்சி. பூசானில் 2-1 என்று வென்று, சுவோனில் மேலதிக நேரத்தில் 5-2 என்று தோற்றார்கள். அடுத்த பருவத்தில் சாம்சுங்கின் சுவோன் புளூவிங்ஸும் கீழே இறங்கி வந்தது. போஸ்கோவின் ஜொன்னம், ஈ-லான்ட் கம்பனியின் சோல் ஈ-லான்ட் இரண்டும் ஏற்கெனவே அங்கே. 2024இல் கே லீக் 2இல் நான்கு கம்பனிக் கழகங்கள். அதில் நீண்ட காலம் காத்திருப்பது ஈ-லான்டும் ஜொன்னமும்தான்.