எதிரியின் வாக்குமூலமும் கடலடிச் சான்றும்: ‘சிட்னி’ கப்பல் ஆய்வில் ஆர்வலர்கள்

1941 நவம்பர் 19 அன்று மேற்கு ஆஸ்திரேலியக் கரைக்கு அப்பால், ஆஸ்திரேலியக் கடற்படையின் ‘சிட்னி’, வணிகக் கப்பல் வேடமிட்டிருந்த ஜெர்மானியக் கப்பல் ‘கோர்மொரா’னோடு பொருதி மூழ்கியது. சிட்னியில் இருந்த 645 பேரில் ஒருவரும் பிழைக்கவில்லை. சேதமுற்ற கோர்மொரானை அதன் மாலுமிகளே வெடிவைத்து மூழ்கடித்தனர். அவர்களில் 300-க்கும் மேற்பட்டோர் உயிர் தப்பினர். நடந்ததைச் சொல்ல எஞ்சியவர்கள் எல்லோரும் பகைத் தரப்பினர். அரை நூற்றாண்டுச் சர்ச்சைக்கு வித்து இதுதான்.

அந்தச் சர்ச்சையில் பெரும்பங்கு ஆர்வலர்களுடையது. சிட்னியின் வழிகாட்டு அதிகாரியின் மகனான மைக்கேல் மாண்ட்கோமரி 1981-இல் எழுதிய நூலில், ஜெர்மானியர் உண்மையை மறைத்தனர் என்றும் ஜப்பானிய நீர்மூழ்கிக்கும் இதில் பங்குண்டு என்றும் வாதிட்டார். 1984-இல் பார்பரா வின்டர் ஜெர்மானிய ஆவணங்களைப் படித்து அதை மறுத்தார். இருவருக்கும் ஆர்வம் குறைவில்லை, வேறுபட்டது முறை. பகைவர் சொன்னது என்பதாலேயே ஒரு சாட்சியத்தைத் தள்ளுவது ஆய்வாகாது; அதைச் சோதிக்க வேண்டும் என்பதே என் வாதம்.

சோதிக்க வழி இல்லாமலும் இல்லை. கோர்மொரான், ‘ஸ்ட்ராட் மலாக்கா’ என்ற டச்சுக் கப்பலின் பெயரில் நடித்துக்கொண்டிருந்தது. சிட்னி ‘ஐ.கே.’ என்ற இரண்டு எழுத்துகளைக் காட்டியதாகவும், அதற்கு என்ன பதில் தருவதென்று தமக்குத் தெரியவில்லை என்றும் பிழைத்தவர்கள் சொன்னார்கள். அந்த டச்சுக் கப்பலின் ரகசிய அழைப்புக்குறி ‘ஐ.ஐ.கே.பி.’, சிட்னி காட்டியவை அதன் நடு எழுத்துகள். உண்மையான கப்பல் என்றால் ஓர எழுத்துகளைக் காட்டியிருக்கும். நேசநாடுகளின் ரகசியக் குறியை அறியாதவர்கள் அதில் பாதியைச் சரியாகப் புனைந்திருக்க முடியாது. இந்த ஒரு விவரம் கூட்டுப்பொய் வாதத்தை வெகுவாகத் தளர்த்துகிறது.

கோர்மொரான் தலைவர் டெட்மெர்ஸ் சிறையில் ஓர் அகராதியின் எழுத்துகளுக்குக் கீழே சிறு புள்ளிகளிட்டு நிகழ்ச்சிகளைப் பதிந்திருந்தார். அவர் குறித்த இடத்துக்குச் சுமார் 30 கடல் மைல் வடக்கே, ஏறத்தாழ இரண்டரைக் கிலோமீட்டர் ஆழத்தில், 2008 மார்ச்சில் டேவிட் மேர்ன்ஸ் தலைமையிலான குழு முதலில் கோர்மொரானையும் சில நாட்களில் சிட்னியையும் கண்டது. சிட்னியின் முன்பகுதி முறிந்து தனியே கிடந்தது. முன்பக்கத்தில் டார்பிடோ தாக்கியதாக ஜெர்மானியர் சொன்னதோடு இது பொருந்துகிறது.

கிளெனிஸ் மெக்டோனல்ட் என்ற ஆர்வலரின் பணியை இங்கே தனியே எடைபோட வேண்டும். போர்ட் கிரிகரிக் கரையோரத்தாரின் நினைவுகளை அவர் பொறுமையாகத் திரட்டினார். கப்பல்களோ அவ்வூரிலிருந்து 300 கிலோமீட்டருக்கும் அப்பால் கிடந்தன. அதனால் அவர் திரட்டியது வீண் என்று சொல்வது அநியாயம். வாய்மொழிச் சான்று ஒன்று, அதிலிருந்து பெறும் முடிவு வேறொன்று. இரண்டையும் பிரித்துப் பதிந்தால் முடிவு விழுந்தாலும் சான்று நிற்கும். கிடைத்ததைத் திரட்டிவைக்க ஆளில்லாமல் போயிருந்தால் தேடுதலுக்கு மக்கள் ஆதரவும் அரசுப் பணமும் இவ்வளவு சேர்ந்திருக்குமா என்பது ஐயமே.

2009-இல் டெரன்ஸ் கோல் தலைமையிலான விசாரணை, ஜப்பானியப் பங்கு பற்றிய கூற்றுக்கு ஆதாரம் இல்லை என்று தீர்த்து, ஜெர்மானியர் கூற்றைப் பெரும்பாலும் ஏற்றது. 1942-இல் கிறிஸ்துமஸ் தீவுக்கருகே மிதவையில் கிடைத்த உடல், டி.என்.ஏ. சோதனையின் பின் 2021-இல் சிட்னியின் மாலுமி தாமஸ் வெல்ஸ்பி கிளார்க்குடையது என உறுதியானது. மண்டையோட்டில் இருந்த உலோகத் துண்டு துப்பாக்கிக் குண்டல்ல, ஜெர்மானிய எறிகணையின் சிதறல்.