டேங்க் ஃபுல் பண்ணா எவ்வளவு தூரம்? மாட்டுவண்டியில் இருந்து மாருதி வரை ஒரு கணக்கு

வெள்ளாமை, மழை, ஆடு மாடுன்னு எழுதிக்கிட்டு இருந்தவன் திடீர்னு கார் டேங்க் பத்தி எழுதறானேன்னு நினைக்காதீங்க. இப்ப நம்ம ஊர்ல தெருவுக்கு நாலு கார் நிக்குது. "டேங்க் ஃபுல் பண்ணா எத்தனை கிலோமீட்டர் போகும்?"ங்கற கேள்வி டீக்கடையில தினம் ஓடுது. ஆளாளுக்கு ஒரு பதில் சொல்றாங்க. இந்தக் கேள்விக்கு பெட்ரோலை விட வயசு அதிகம். அதனால கொஞ்சம் பின்னாடி போய் ஆரம்பிக்கலாம்.

தீவனம்தான் அன்னைக்கு பெட்ரோல்

நம்ம முன்னோர் தூரத்தை நேரத்தால அளந்தாங்க. 'நாழிகை வழி'ன்னா ஒரு நாழிகை, அதாவது 24 நிமிஷம், நடந்தா போய்ச் சேர்ற தூரம். ஏழு நாழிகை வழி ஒரு காதம், சுமார் பத்து மைல்னு சொல்வாங்க. எடத்துக்கு எடம் கொஞ்சம் மாறும்.

மாட்டுவண்டிக்கும் டேங்க் உண்டு. அது மாட்டோட வயிறு. பாரம் ஏத்தின வண்டியில ஒரு ஜோடி காளை மணிக்கு மூணு நாலு கிலோமீட்டர் போகும். நடுவுல அவுத்து விட்டு, தண்ணி காட்டி, அசை போட விடணும். அப்படிப் பார்த்தா ஒரு நாளைக்கு 25, 30 கிலோமீட்டர்தான். அதுக்கு மேல அடிச்சு ஓட்டினா மறுநாள் மாடு எந்திரிக்காது.

பழைய பாதைகள்ல சத்திரம், கிணறு, மாட்டுத் தண்ணித் தொட்டி, சுமைதாங்கிக் கல் எல்லாம் எங்க இருக்குன்னு கவனிச்சுப் பாருங்க. தஞ்சாவூர் மராட்டிய மன்னர்கள் ராமேஸ்வரம் போற வழியில வரிசையா சத்திரம் கட்டினாங்க. அதுல பேர் போன ஒரத்தநாடு முத்தாம்பாள் சத்திரம், தஞ்சாவூர்ல இருந்து இருபத்தி சொச்சம் கிலோமீட்டர். கரெக்டா ஒரு நாள் வண்டி. இன்னைக்கு பைபாஸ்ல பெட்ரோல் பங்க் செய்யற வேலையை அன்னைக்கு சத்திரம் செஞ்சுது.

முதல் பெட்ரோல் பங்க் ஒரு மருந்துக்கடை

1888 ஆகஸ்ட் மாசம். ஜெர்மனியில பெர்தா பென்ஸ்ங்கற அம்மா, புருஷன் கார்ல் பென்ஸ் கண்டுபிடிச்ச மூணு சக்கர மோட்டார் வண்டியை அவர்கிட்ட சொல்லாமலே எடுத்துக்கிட்டு, ரெண்டு பசங்களோட மன்ஹைம்ல இருந்து ஃபோர்ட்ஸ்ஹைமுக்குக் கிளம்பிட்டாங்க. நூறு கிலோமீட்டருக்குக் கொஞ்சம் அதிகம். அதுவரைக்கும் மோட்டார் வண்டியில யாரும் அவ்வளவு தூரம் போனதில்லை.

அந்த வண்டியில பெரிய டேங்க் எதுவும் கிடையாது. கார்புரேட்டர்ல பிடிக்கற நாலரை லிட்டர்தான். பாதி வழியில தீரத்தான் செய்யும். வீஸ்லோக்ங்கற ஊர்ல மருந்துக்கடையில நிறுத்தி, 'லிக்ராயின்'ங்கற கரைப்பானை வாங்கி ஊத்திக்கிட்டுப் போனாங்க. அந்த மருந்துக்கடையைத்தான் உலகத்தோட முதல் பெட்ரோல் பங்க்னு இன்னைக்கும் சொல்றாங்க. நடுவுல எரிபொருள் குழாய் அடைச்சப்ப தொப்பி ஊசியால குத்தி எடுத்தாங்களாம்.

ஒரு வண்டி எவ்வளவு தூரம் போகும்ங்கறதை டேங்க் மட்டும் முடிவு பண்றதில்லைன்னு அந்தப் பயணமே காட்டிடுச்சு. வழியில எரிபொருள் எங்க கிடைக்கும்ங்கறதும் அதுல பாதி.

குச்சி விட்டுப் பார்த்த காலம்

1908ல வந்த ஃபோர்டு டி மாடல்தான் சாதாரண ஆளுகளும், குறிப்பா அமெரிக்க விவசாயிகளும், வாங்கின கார். டேங்க் முன் சீட்டுக்கு அடியில இருக்கும். பத்து அமெரிக்க கேலன், நம்ம கணக்குல 38 லிட்டர். லிட்டருக்கு ஆறுல இருந்து ஒம்பது கிலோமீட்டர் கொடுக்கும். ஃபுல் டேங்குக்கு 230ல இருந்து 340 கிலோமீட்டர்.

பம்ப் கிடையாது. மேட்டுல இருந்து வாய்க்காலுக்குத் தண்ணி இறங்கற மாதிரி, டேங்க்ல இருந்து இன்ஜினுக்கு பெட்ரோல் தானா இறங்கணும். டேங்க் பாதிக்குக் கீழ இருக்கறப்ப செங்குத்தான மேடு ஏறினா இன்ஜின் பக்கம் ஒசந்துடும், பெட்ரோல் போகாது. அதனால வண்டியைத் திருப்பி ரிவர்ஸ்ல மேடு ஏறுவாங்க. டேங்க்ல பெட்ரோல் இருந்தும் வண்டி நின்னுடும்ங்கறதுக்கு இதை விட நல்ல உதாரணம் இல்லை.

மீட்டரும் கிடையாது. சீட்டைத் தூக்கி, மூடியைத் திறந்து, குச்சி விட்டு ஈரம் எதுவரைக்கும் இருக்குன்னு பார்க்கறதுதான். நம்ம டிராக்டர்லயும் ஆயில் இன்ஜின்லயும் இன்னைக்கும் அதே குச்சிதான் ஓடுது, சிரிக்காதீங்க.

கரி பஸ் ஓடின கதை

நம்ம பக்கத்துக்கு வருவோம். 1920ல ஜி.டி. நாயுடு ஒரே ஒரு பஸ்ஸை வாங்கி பொள்ளாச்சிக்கும் பழனிக்கும் நடுவுல ஓட்ட ஆரம்பிச்சார். அதுதான் பின்னால யூ.எம்.எஸ். கம்பெனியா வளர்ந்துச்சு. மாட்டுவண்டியில ரெண்டு நாள் ஆகற பாதை, காலையில போய் சாயங்காலம் திரும்பற பாதையாச்சு.

அப்புறம் ரெண்டாம் உலகப்போர் வந்துச்சு. 1941ல இந்தியாவுல பெட்ரோலுக்கு ரேஷன். 1942 மார்ச்ல ரங்கூன் ஜப்பான்காரன் கைக்குப் போச்சு. நமக்கு எண்ணெய் வந்துக்கிட்டிருந்த பர்மா வழி அடைஞ்சுது. அப்ப வந்ததுதான் கரி பஸ். வயசானவங்க இருந்தா கேட்டுப் பாருங்க. பஸ்ஸுல ஒரு பெரிய இரும்பு உருளை. அதுல அடுப்புக்கரியைப் போட்டுத் தீ மூட்டி, கையால காத்தாடி சுத்துவாங்க. காத்து குறைவா எரியறப்ப வர்ற கார்பன் மோனாக்சைடு வாயுதான் இன்ஜினுக்குத் தீனி. கிளம்பறதுக்கு முன்னாடி நேரம் பிடிக்கும். இழுவை குறைவு, மேடு வந்தா ஆளுங்க இறங்கித் தள்ளணும். ஆனா வழியில கரி கிடைக்கற வரைக்கும் பஸ் போகும். வீஸ்லோக் மருந்துக்கடை சொன்ன அதே பாடம்தான், இந்தத் தடவை கரி மூட்டையோட வந்துச்சு.

கேலன் போச்சு, மைலேஜ் போகலை

அன்னைக்கு நம்ம நாட்டுல பெட்ரோல் கேலன் கணக்கு. ஒரு இங்கிலீஷ் கேலன்னா 4.546 லிட்டர். அமெரிக்க கேலன் 3.785தான். வெளிநாட்டு வண்டிக் கணக்கு படிக்கறப்ப எந்தக் கேலன்னு பார்க்காம விட்டா ஆறுல ஒரு பங்கு தப்பாயிடும். 1956ல மெட்ரிக் அளவைச் சட்டம் வந்து, படிப்படியா லிட்டரும் கிலோமீட்டரும் ஆச்சு. மைல் போய் எத்தனையோ வருஷம் ஆச்சு. 'மைலேஜ்'ங்கற வார்த்தை மட்டும் போகவே இல்லை.

அந்தக் கேலன் கணக்குல பிறந்ததுதான் அம்பாசிடர். இங்கிலாந்து மோரிஸ் ஆக்ஸ்ஃபோர்டு காரோட வார்ப்பு. டேங்க் 12 கேலன், அதாவது 54 லிட்டர். லிட்டருக்கு 9 கிலோமீட்டர்னு வச்சா 486 கிலோமீட்டர்.

1973 அக்டோபர்ல அரபு நாடுகள் எண்ணெயை நிறுத்தினாங்க. பீப்பாய் மூணு டாலரா இருந்தது சில மாசத்துல பன்னெண்டு டாலர் ஆச்சு. அமெரிக்காவுல 1974ல மணிக்கு 55 மைலுக்கு மேல ஓட்டக்கூடாதுன்னு சட்டமே போட்டாங்க. காரணம் காத்து. வேகம் ரெண்டு மடங்கானா காத்தோட எதிர்ப்பு நாலு மடங்கு. அதே டேங்க், அதே வண்டி, வேகத்தைக் குறைச்சா தூரம் கூடும்.

1983 டிசம்பர்ல மாருதி 800 வந்துச்சு. மூணு சிலிண்டர், 796 சிசி இன்ஜின். 28 லிட்டர் டேங்க்தான். ஆனா லிட்டருக்கு 16, 17 கொடுத்துச்சு. பதினேழால பெருக்கிப் பாருங்க, 476 கிலோமீட்டர். டேங்க் அம்பாசிடர்ல பாதி, தூரம் ஏறக்குறைய அதேதான்! கம்பெனிக்காரன் தூரத்தை முதல்ல நினைச்சுக்கிட்டுத்தான் டேங்க் அளவை முடிவு பண்றான். தேவைக்கு மேல பெருசா வச்சா எடை கூடும். 40 லிட்டர் பெட்ரோலே 30 கிலோ இருக்கும். மாட்டுவண்டி காலத்துல ஒரு நாள் ஓட்டம் 30 கிலோமீட்டர். இன்னைக்கு ஒரு ஆள் அலுக்காம ஒரு நாள்ல ஓட்டற தூரம் ஐநூறு, அறுநூறு. டேங்க் அதுக்குத்தான் அளந்து வெச்சிருக்கு.

ரிசர்வ் குழாயும் மிதவையும்

பழைய புல்லட், ராஜ்தூத் ஓட்டினவங்களுக்கு ரிசர்வ் திருகறது தெரியும். டேங்குக்குள்ள ரெண்டு வழி. ஒண்ணு உயரமான குழாய், ஒண்ணு அடிமட்டம். உயரமான குழாய்க்குக் கீழ பெட்ரோல் இறங்கினதும் வண்டி விக்கும். கை கீழ போய்க் குழாயைத் திருகும், அடியில இருக்கறது வரும். ஜெர்மனி வோக்ஸ்வேகன் பீட்டில் கார்லயும் அறுபதுகளோட ஆரம்பம் வரைக்கும் பெட்ரோல் மீட்டரே இல்லாம இந்த ரிசர்வ் ஏற்பாடுதான் இருந்துச்சு.

இப்ப இருக்கற முள்ளு மிதவைக் கணக்கு. டேங்குக்குள்ள ஒரு மிதவை, அதுக்கு ஒரு கை. மட்டம் இறங்கினா கை இறங்கும், முள்ளும் இறங்கும். ஆனா டேங்க் சதுரப் பெட்டி இல்லை. பின் சீட்டுக்கு அடியில கோணல் மாணலா நெளிஞ்சு கிடக்கும். அதனாலதான் பல வண்டியில முதல் பாதி மெதுவாவும், அடுத்த பாதி மளமளன்னும் இறங்குது. மேட்டுல நிறுத்தினா முள்ளு ஒரு மாதிரி, பள்ளத்துல வேற மாதிரி. 'இன்னும் இவ்வளவு கிலோமீட்டர்'னு காட்டற டிஜிட்டல் எண்ணும் கடைசியா நீங்க ஓட்டின விதத்தை வச்சுப் போடற மதிப்பீடுதான். ஏசி போட்டுக்கிட்டு மலை ஏறினா கண்ணு முன்னாடியே கரையும்.

37 லிட்டர் டேங்க்ல 40 லிட்டர் எப்படி?

பங்க்ல அடிக்கடி நடக்கற சண்டை இது. புஸ்தகத்துல 37 லிட்டர்னு போட்டிருக்கும், மிஷின் 40 காட்டும். உடனே 'திருடன்'னு கத்துவாங்க. பொறுங்க. பெட்ரோல் வெயிலுக்கு விரியும். அதுக்காக டேங்க்ல காலி இடம் விட்டுத்தான் கம்பெனி அளவு சொல்றான். வாய்க்குழாய் கழுத்து வரைக்கும் ரொப்பினா அந்தக் காலி இடமும் நிறையும். அதனால அதிகம் பிடிச்சதை மட்டும் வச்சுக் குத்தம் சொல்ல முடியாது.

அதுக்காக ஏமாத்து நடக்கவே நடக்காதுன்னும் சொல்லலை. சந்தேகம் இருந்தா, ஒவ்வொரு பங்க்லயும் முத்திரை போட்ட 5 லிட்டர் அளவு கேன் இருக்கும். அதுல பிடிச்சுக் காட்டச் சொல்ல உங்களுக்கு உரிமை இருக்கு. கலப்படம்னு சந்தேகம்னா வடிதாள் சோதனையும் கேக்கலாம்.

நம்ம காட்டுல விளையறது டேங்குக்குள்ள

2003ல 5 சதவீதத்துல ஆரம்பிச்ச எத்தனால் கலப்பு, 2025ல 20 சதவீதத்துக்கு வந்துடுச்சு. கரும்பு, மக்காச்சோளம், உடைஞ்ச அரிசி எல்லாம் எத்தனால் ஆகுது. விவசாயிக்கு இது இன்னொரு சந்தை, சந்தோஷம்தான். ஆனா ஒரு லிட்டர் எத்தனால்ல இருக்கற சக்தி, பெட்ரோலை விட மூணுல ஒரு பங்கு குறைவு. சக்திக் கணக்குப்படி 20 சதவீதம் கலந்தா ஆறு ஏழு சதவீதம் குறையணும். ஃபுல் டேங்குக்கு 600 போன வண்டி 560 பக்கம் நிக்கும். விக்கறவனும் நாமதான், வாங்கறவனும் நாமதான். ரெண்டு பக்கக் கணக்கும் தெரிஞ்சிருக்கணும்.

உங்க வண்டிக் கணக்கை நீங்களே போடுங்க

விளம்பர மைலேஜ் சோதனைக்கூடத்துல உருளை மேல ஓட்டி எடுத்தது. அதை விடுங்க. பங்க்ல ஆட்டோ கட் ஆகற வரைக்கும் ரொப்புங்க. கிலோமீட்டரை எழுதி வைங்க. வழக்கம் போல ஓட்டிட்டு, அதே பங்க்ல மறுபடி ஆட்டோ கட் வரைக்கும் ரொப்புங்க. 412 கிலோமீட்டர் ஓடி 25.75 லிட்டர் பிடிச்சா, லிட்டருக்கு 16. மூணு தடவை எடுத்து சராசரி பாருங்க. டேங்க் 37ன்னா அடியில 7 லிட்டரைத் தொடாத சொத்துன்னு வச்சுட்டு, 30 லிட்டருக்குக் கணக்குப் போடுங்க. 480 கிலோமீட்டர். அதுதான் உங்க வண்டியோட நிஜ தூரம்.

ஏன் அந்த 7 லிட்டர்? புது வண்டியில பம்ப் டேங்குக்குள்ளயே இருக்கு, பெட்ரோல்தான் அதைக் குளிர வைக்குது. அடி காய்ஞ்சா பம்ப் சூடாகும். டீசல் வண்டி காய்ஞ்சா குழாய்ல காத்து புகுந்துடும். டிராக்டர்ல ஏர் லாக் எடுத்தவனுக்கு அந்த அவஸ்தை தெரியும்.

அதை விடப் பெரிய காரணம் ஒண்ணு இருக்கு. நம்மளை மாதிரி ஊர்ல பங்க் பத்துப் பன்னெண்டு கிலோமீட்டர் தள்ளி இருக்கு, ராத்திரி பூட்டிடுவான். தோட்டத்துல தண்ணி கட்டப் போனவனை பாம்பு கடிச்சாலோ, நிறைமாசப் பொண்ணுக்கு வலி எடுத்தாலோ, பெரியாஸ்பத்திரி எவ்வளவு தூரம், அங்க இல்லைன்னு அனுப்பினா அடுத்தது எவ்வளவு தூரம்னு யோசிச்சுப் பாருங்க. நம்ம பெரியவங்க ராத்திரி படுக்கறதுக்கு முன்னாடி கட்டுத்தறியில வைக்கோல் இருக்கான்னு பார்த்துட்டுத்தான் படுப்பாங்க. சாவியை ஆணியில மாட்டறதுக்கு முன்னாடி முள்ளு கால் டேங்குக்கு மேல இருக்கான்னு ஒரு பார்வை பாருங்க, அது போதும்.