மைதிலி சிவராமன் குறித்த ஆவணப்படங்கள்

மைதிலி சிவராமன் (டிசம்பர் 14, 1939 – மே 30, 2021) தமிழ்நாட்டைச் சேர்ந்த இடதுசாரிச் செயற்பாட்டாளர், தொழிற்சங்கவாதி, எழுத்தாளர் ஆவார். வரலாற்றாய்வாளர் உமா சக்கரவர்த்தி இவருடைய குடும்பத்தையும் வாழ்வையும் அடிப்படையாகக் கொண்டு இரண்டு ஆவணப்படங்களை இயக்கியுள்ளார். 2010இல் வெளிவந்த "எ குவயட் லிட்டில் என்ட்ரி" மைதிலியின் தாய்வழிப் பாட்டி சுப்புலட்சுமியைப் பற்றியது. 2015இல் வெளிவந்த "பிராக்மென்ட்ஸ் ஆஃப் எ பாஸ்ட்" (கடந்தகாலத்தின் துணுக்குகள்) மைதிலியைப் பற்றியது. இரண்டாவது படம் எடுக்கப்பட்ட காலத்தில் அல்சைமர் நோயினால் மைதிலி தம் நினைவுகளை இழந்திருந்தார்.

பின்னணி

ஆந்திரத்தின் காக்கிநாடாவில் பிறந்த மைதிலி சென்னை மாநிலக் கல்லூரியில் பயின்று, மேற்படிப்புக்காக அமெரிக்காவின் சிராக்கியூசு பல்கலைக்கழகத்திற்குச் சென்றார். பின்னர் 1966 முதல் 1968 வரை நியூயார்க்கில், ஐக்கிய நாடுகள் அவைக்கான இந்தியத் தூதுக்குழுவில் ஆய்வு உதவியாளராகப் பணியாற்றினார். வியட்நாம் போர் எதிர்ப்பும் கறுப்பின மக்களின் போராட்டங்களும் அமெரிக்காவில் உச்சத்தில் இருந்த காலம் அது. மைதிலியின் அரசியல் நோக்கு அங்குதான் மாறியது. 1968இல் வேலையை விட்டுவிட்டுத் தமிழ்நாடு திரும்பினார்.

அவ்வாண்டு டிசம்பர் 25 இரவில், அன்றைய தஞ்சை மாவட்டத்துக் கீழ்வெண்மணியில் கூலி உயர்வு கேட்டுப் போராடிய தலித் விவசாயத் தொழிலாளர் குடும்பங்களைச் சேர்ந்த 44 பேர் குடிசை ஒன்றினுள் வைத்து எரித்துக் கொல்லப்பட்டனர். இவர்களில் பெரும்பாலோர் பெண்களும் குழந்தைகளும் ஆவர். மைதிலி அங்கு நேரில் சென்று, எஞ்சியவர்களின் கூற்றுகளைக் கேட்டு எழுதினார். வழக்கில் தண்டிக்கப்பட்ட நிலவுடைமையாளர்களைச் சென்னை உயர்நீதிமன்றம் விடுவித்ததைக் கண்டித்து 1973இல் "எக்கனாமிக் அண்ட் பொலிடிகல் வீக்லி" இதழில் இவர் எழுதிய கட்டுரை இன்றும் மேற்கோள் காட்டப்படுகிறது. மகிழுந்து வைத்திருக்கும் செல்வந்தர்கள் தாமே நடந்து சென்று தீ வைத்திருப்பார்கள் என்பது நம்பத்தக்கதன்று என்ற வகையில் அமைந்திருந்த தீர்ப்பின் வாதத்தையே அக்கட்டுரையின் தலைப்பு எள்ளலுடன் சுட்டுகிறது.

இக்காலத்தில் "ராடிகல் ரிவியூ" என்னும் ஆங்கில இதழையும் நடத்தினார். இதழில் உடன் பணியாற்றிய இருவர் பின்னாளில் வெவ்வேறு திசைகளில் புகழ்பெற்றனர்: ஒருவர் "தி இந்து" நாளிதழின் ஆசிரியரான என். ராம், மற்றவர் காங்கிரசு நிதியமைச்சரான ப. சிதம்பரம். மைதிலி மார்க்சியக் கம்யூனிஸ்டுக் கட்சியில் இணைந்து, தொழிற்சங்கப் பணியிலும், பாப்பா உமாநாத், கே. பி. ஜானகி அம்மாள் ஆகியோருடன் மாதர் சங்கப் பணியிலும் ஈடுபட்டார்.

காட்சிப் பதிவுகளின் இன்மை

மைதிலியின் தீவிரச் செயற்பாட்டின் தொடக்க ஆண்டுகள் அசையும் படமாகப் பதிவாக வாய்ப்பு மிகக் குறைவு. வெண்மணிப் படுகொலை நிகழ்ந்தபோது தமிழ்நாட்டில் தொலைக்காட்சி நிலையமே இல்லை. சென்னைத் தொலைக்காட்சி நிலையம் 1975 ஆகஸ்ட் 15 அன்றுதான் ஒளிபரப்பைத் தொடங்கியது. அதுவும் அரசுடைமை, அப்போது நெருக்கடி நிலை நடைமுறையில் இருந்தது. ஆலை வாயில் கூட்டங்களும் இடதுசாரிப் பெண்களின் பேச்சும் அதில் இடம்பெற வழியில்லை. இதனால் இவரைப் பற்றிப் படம் எடுப்பவர் கட்டுரைகள், ஒளிப்படங்கள், உடன் இருந்தோரின் நினைவுகள் ஆகியவற்றையே பெரிதும் சார்ந்திருக்க வேண்டியதாயிற்று.

எ குவயட் லிட்டில் என்ட்ரி

சுப்புலட்சுமி 1897இல் பிறந்தவர். பதினோரு வயதில் மணமாகிப் பதினான்கு வயதில் தாயானவர். முறையான கல்வி மறுக்கப்பட்டும் தாமே படித்து, நாட்குறிப்பும் எழுதிவந்தார். தம் ஒரே மகள் பங்கஜமாவது கல்வி பெறவேண்டும் என்பதற்காகச் சென்னையில் வந்து தங்கினார். 1978இல் சுப்புலட்சுமி இறந்தபின், அவர் விட்டுச்சென்ற குறிப்புகளையும் கடிதங்களையும் கொண்டு மைதிலி எழுதிய "பிராக்மென்ட்ஸ் ஆஃப் எ லைஃப்" என்னும் நூலை 2006இல் சுபான் பதிப்பகம் வெளியிட்டது. உமா சக்கரவர்த்தியின் முதற்படம் இந்த ஆவணத் தொகுப்பிலிருந்தே பிறந்தது. தில்லி மிராண்டா அவுசு கல்லூரியில் நீண்டகாலம் வரலாறு கற்பித்தவர் அவர். பண்டித ரமாபாய் பற்றிய நூலுக்காக அறியப்பட்டவர். ஓய்வுக்குப் பின்னரே திரைப்பட இயக்கத்திற்கு வந்தார்.

பிராக்மென்ட்ஸ் ஆஃப் எ பாஸ்ட்

இரண்டாவது படத்தின் பெயர் மைதிலியின் நூற்பெயரை எதிரொலிப்பது வெளிப்படை. பாட்டியின் சிதறிய தாள்களிலிருந்து ஒரு வாழ்வை மீட்டவர் மைதிலி. அவருடைய வாழ்வை அவ்வாறே பிறர் மீட்கவேண்டிய நிலையில் இப்படம் உருவானது. வழக்கமாக இத்தகைய படங்களில் முன்னாள் போராளி ஒளிப்படக் கருவியின் முன் அமர்ந்து தம் கடந்தகாலத்தை விளக்குவார். சில வேளை நியாயப்படுத்துவார், சில வேளை வருந்துவார். அமெரிக்காவின் "வெதர் அண்டர்கிரவுண்ட்" இயக்கத்தினரைப் பற்றி 2002இல் வெளிவந்த ஆவணப்படம் அவ்வகைக்கு நன்கறியப்பட்ட எடுத்துக்காட்டு. மைதிலியைப் பொறுத்தவரை அத்தகைய தன்விளக்கத்திற்கு இடமில்லாமற் போயிற்று. அவர் தம் முந்தைய கருத்துகளை ஏற்கிறாரா, மாற்றிக்கொண்டாரா என்று கேட்க இயலாது. அவர் எழுதியவையே அவருடைய வாக்குமூலமாக நிற்கின்றன. அவருடைய கட்டுரைகளை வ. கீதாவும் மகள் கல்பனா கருணாகரனும் தொகுக்க, "ஹாண்டட் பை ஃபயர்" என்னும் பெயரில் 2013இல் லெஃப்ட்வேர்ட் நிறுவனம் நூலாக வெளியிட்டது படத்திற்கு முன் நிகழ்ந்தது.

வாச்சாத்தி

பிறருடைய வாக்குமூலம் பதிவாவதற்கு மைதிலி பாடுபட்டதில் முதன்மையானது தருமபுரி மாவட்டம் வாச்சாத்தி நிகழ்வு. 1992 ஜூன் 20 அன்று சந்தனக்கட்டை தேடுவதாகக் கூறி வனத்துறை, காவல்துறை, வருவாய்த்துறையினர் அப்பழங்குடிச் சிற்றூரைச் சூறையாடினர். 18 பெண்கள் பாலியல் வன்கொடுமைக்கு ஆளாயினர். இதனைத் தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினருக்கான தேசிய ஆணையத்திடம் கொண்டுசென்றதில் மைதிலிக்குப் பெரும் பங்குண்டு. 2011 செப்டம்பர் 29 அன்று, குற்றம் சாட்டப்பட்ட 269 பேரில் அப்போது உயிருடன் இருந்த 215 பேரும் குற்றவாளிகள் எனத் தருமபுரி அமர்வு நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

மறைவு

கொரோனாத் தொற்றினால் 2021 மே 30 அன்று தம் 81ஆம் அகவையில் மைதிலி சென்னையில் காலமானார். வாச்சாத்தித் தீர்ப்பைச் சென்னை உயர்நீதிமன்றம் 2023 செப்டம்பர் 29 அன்று உறுதி செய்தது.